மிச்சம் எத்தனை ஆட்டம்?

கோடை வந்துவிட்டால் கடலூர் மஞ்சக்குப்பத்தில் ஒரு கணக்குத் தொடங்கிவிடும். அது மளிகைக் கணக்கு அல்ல. பால் கணக்கும் அல்ல. ஐ.பி.எல். கணக்கு!

"சென்னைக்கு இன்னும் எத்தனை ஆட்டம் மிச்சம்?"

"நாலு."

"எத்தனை ஜெயிக்க வேண்டும்?"

"இரண்டு போதும். ஆனால் பெங்களூர் ஒன்றிலாவது தோற்க வேண்டும்!"

டீக்கடையில் இதே பேச்சு. மைதானத்து ஓரத்தில் இதே பேச்சு. மே மாதம் பிறந்துவிட்டால், கிரிக்கெட் மட்டையைத் தொட்டறியாத பாட்டிமார்கள்கூட, "நம்ம ஊர் எத்தனாவது இடம்?" என்று பேரனைக் கேட்பார்கள்.

இது வீண் வேலை என்று சிலர் முகம் சுளிக்கிறார்கள். வீண் வேலை அல்ல. ஒழுங்காகப் போட்டால் இது நல்ல கணக்கு. ஆனால் பலர் இந்தக் கணக்கைக் கடைசி வாரத்தில்தான் கையில் எடுக்கிறார்கள். தவறு அங்கேதான் இருக்கிறது.

பட்டியலைப் படிப்பது எப்படி?

2022-ம் ஆண்டு முதல் ஐ.பி.எல். போட்டியில் 10 அணிகள் ஆடி வருகின்றன. 2024-ல் முதல் சுற்றில் ஒவ்வொரு அணிக்கும் 14 ஆட்டங்கள். வெற்றி பெற்றால் 2 புள்ளி. மழையால் ஆட்டம் கைவிடப்பட்டால் ஆளுக்கு 1 புள்ளி. தோற்றால் ஒன்றும் இல்லை. முதல் நான்கு இடம் பிடிக்கும் அணிகள் அடுத்த சுற்றுக்குப் போகும். மற்ற ஆறும் வீட்டுக்குப் போகும்.

இனி, மிச்சக் கணக்கு. நமது அணி 10 ஆட்டம் ஆடி 12 புள்ளி எடுத்திருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். எதிரி அணி 11 ஆட்டம் ஆடி 8 புள்ளி எடுத்திருக்கிறது. எதிரிக்கு மிச்சம் 3 ஆட்டம். மூன்றிலும் ஜெயித்தால் 6 புள்ளி கூடும். ஆக மொத்தம் 14. நமது அணி இன்னும் இரண்டு ஆட்டம் ஜெயித்தால் 16. அப்புறம் அந்த எதிரியால் நம்மைத் தொட முடியாது!

அவ்வளவுதான் கணக்கு. ஐந்தாம் வகுப்புப் பிள்ளை போட்டுவிடும்.

அமெரிக்காவிலும் இதே கதை

இந்தக் கணக்குப் பைத்தியம் நமக்கு மட்டும் என்று நினைக்க வேண்டாம். அமெரிக்காவில் 'பேஸ்பால்' என்று ஒரு பந்தாட்டம் உண்டு. அங்கே பெரிய போட்டியில் 30 அணிகள். ஒவ்வொரு அணிக்கும் 162 ஆட்டங்கள்! கோடை முழுவதும் கிட்டத்தட்ட நாள்தோறும் ஆட்டம்தான்.

அந்த நாட்டு ரசிகர்கள் 'மந்திர எண்' என்று ஒன்றைக் கணக்கிடுகிறார்கள். 163-ல் இருந்து முதல் அணியின் வெற்றிகளைக் கழிக்க வேண்டும். அடுத்த அணியின் தோல்விகளையும் கழிக்க வேண்டும். முதல் அணிக்கு 90 வெற்றி, அடுத்த அணிக்கு 65 தோல்வி என்றால், மிச்சம் 8. முதல் அணி ஜெயித்தாலும் ஒன்று குறையும். அடுத்த அணி தோற்றாலும் ஒன்று குறையும். பூஜ்யம் ஆகிவிட்டால் முதல் இடம் உறுதி!

புள்ளி சமம் ஆனால்?

ஐ.பி.எல்.லில் இரண்டு அணிகளுக்கும் புள்ளியும் வெற்றியும் சமமாக இருந்தால் ரன் ரேட் பார்க்கப்படும். ஓவருக்கு எத்தனை ரன் எடுத்தார்கள், எத்தனை ரன் கொடுத்தார்கள் என்பதன் வித்தியாசம் அது. ஓவருக்கு 8 ரன் எடுத்து 7 ரன் கொடுத்தால், மிச்சம் 1. எல்லா ஆட்டங்களையும் சேர்த்து இது பார்க்கப்படும்.

இந்த ரன் ரேட்தான் 2024-ல் தமிழ்நாட்டைத் தூங்கவிடாமல் அடித்தது.

மே 18-ந் தேதி. பெங்களூரில் சென்னைக்கும் பெங்களூருக்கும் கடைசி ஆட்டம். சென்னைக்கு 14 புள்ளி. பெங்களூருக்கு 12. பெங்களூர் முதலில் ஆடி 218 ரன் குவித்தது. சென்னை வெற்றி பெற 219 வேண்டும். ஆனால் அடுத்த சுற்றுக்குப் போக 201 எடுத்தாலே போதும். தோற்றாலும் உள்ளே போகலாம்!

கடைசி ஓவரில் 17 ரன் தேவை. யாஷ் தயாள் பந்து வீசினார். முதல் பந்தைத் தோனி சிக்சருக்குத் தூக்கினார். அடுத்த பந்தில் அவர் அவுட்! அந்த ஓவரில் கிடைத்தது 7 ரன்தான். சென்னை 191-ல் நின்றது. பத்து ரன்னில் வாய்ப்புப் போயிற்று. இரண்டு அணிகளுக்கும் 14 புள்ளி. ரன் ரேட்டில் பெங்களூர் உள்ளே போனது.

அந்தப் பெங்களூர் அணி முதல் எட்டு ஆட்டங்களில் ஏழில் தோற்ற அணி! "முடிந்தது கதை" என்று எல்லாரும் கைகழுவிய அணி. மிச்சம் இருந்த ஆறு ஆட்டங்களிலும் அது ஜெயித்தது.

எங்கே போனது வாய்ப்பு?

அன்று இரவு பழி எல்லாம் கடைசி ஓவரின் மீது விழுந்தது. அது நியாயமா?

அதே ஆண்டு ஏப்ரல் 23-ந் தேதியை நினைத்துப் பார்க்க வேண்டும். சேப்பாக்கத்தில் சென்னை 210 ரன் எடுத்தது. லக்னோ அணியின் ஸ்டாய்னிஸ் தனி ஆளாக 124 ரன் அடித்தார். மூன்று பந்து மிச்சம் இருக்கும்போது லக்னோ ஜெயித்தது. "போகட்டும், இன்னும் ஆறு ஆட்டம் இருக்கிறதே!" என்று ஆறுதல் சொல்லிக்கொண்டு எல்லாரும் தூங்கப் போனார்கள்.

அந்த ஒரே ஓர் ஆட்டத்தைச் சென்னை ஜெயித்திருந்தால் 16 புள்ளி ஆகியிருக்கும். பெங்களூரில் எவ்வளவு மோசமாகத் தோற்றாலும் கவலை இல்லை. கடைசி ஓவரின் 17 ரன்னுக்காக நெஞ்சு படபடத்திருக்க வேண்டியதே இல்லை!

ஏப்ரல் ஆட்டத்துக்கும் 2 புள்ளிதான். மே மாத ஆட்டத்துக்கும் 2 புள்ளிதான். புள்ளிப் பட்டியலுக்கு இரண்டும் ஒன்றே. மனிதர்களுக்குத்தான் மே மாதத்துப் புள்ளி பெரிதாகத் தெரிகிறது.

கடைசி நேரத்தில் தப்பிப்பதும் உண்டு. 2010-ல் தர்மசாலாவில் பஞ்சாபுக்கு எதிராகக் கடைசி ஓவரில் 16 ரன் தேவைப்பட்டது. தோனி இரண்டு சிக்சர் அடித்து, இரண்டு பந்து மிச்சம் வைத்து முடித்தார். அந்த ஆண்டு நான்கு அணிகள் 14 புள்ளியில் நின்றன. அவற்றில் சென்னையும் ஒன்று. ரன் ரேட் கைகொடுத்தது. கோப்பையும் கிடைத்தது. அதே தோனி, அதே கடைசி ஓவர். 2010-ல் வாழ்வு, 2024-ல் தாழ்வு. கடைசி ஓவரை நம்பிப் பிழைப்பு நடத்த முடியாது.

கணக்குத் தெரியாமல் தோற்றவர்கள்

கணக்கே தெரியாமல் வாய்ப்பை விட்டவர்களும் உண்டு. 2023 செப்டம்பர் 5-ந் தேதி லாகூரில் ஆசியக் கோப்பை ஆட்டம். இலங்கை 291 ரன் எடுத்தது. ஆப்கானிஸ்தான் அடுத்த சுற்றுக்குப் போக 37 ஓவர் 1 பந்துக்குள் 292 எடுக்க வேண்டும். அந்தப் பந்தில் விக்கெட் விழுந்தது. அணி 289-ல் நின்றது. "எல்லாம் போயிற்று" என்று அவர்கள் நினைத்தார்கள்.

போகவில்லை! அடுத்த மூன்று பந்துக்குள் 295-ஐத் தொட்டாலும் வழி இருந்தது. ஒரு சிக்சர் போதும். அந்தக் கணக்கை வீரர்களுக்கு யாரும் சொல்லவில்லை. கடைசி ஆட்டக்காரர் பந்தைத் தடுத்துத் தடுத்து ஆடினார். பிறகு அவுட் ஆனார். மறுமுனையில், சிக்சர் அடிக்கத் தெரிந்த ரஷீத் கான் பார்த்துக்கொண்டு நின்றார். இரண்டு ரன்னில் தோல்வி!

பணம் கட்டாதீர்கள்

ஒரு எச்சரிக்கையும் தேவை. கணக்கு வேறு, சூதாட்டம் வேறு. "நிச்சயம் ஜெயிக்கும்" என்று செல்போனில் பணம் கட்டிக் கடனாளி ஆன குடும்பங்கள் உண்டு. தமிழ்நாட்டில் இணையவழிச் சூதாட்டத்தைத் தடை செய்ய 2022-ல் சட்டம் இயற்றப்பட்டது. பணம் கட்டி ஆடும் இணைய விளையாட்டுகளுக்கு எதிராக 2025 ஆகஸ்டில் மத்திய சட்டமும் வந்தது. ஏழு தோல்வி கண்ட அணி ஆறு ஆட்டம் தொடர்ந்து ஜெயிக்கும் என்று யாருக்குத் தெரியும்? மிச்சக் கணக்கு 'முடியும்', 'முடியாது' என்று மட்டுமே சொல்லும். 'நடக்கும்' என்று ஒருபோதும் சொல்லாது. இதைப் பெற்றோர்கள் பிள்ளைகளுக்கு விளக்க வேண்டும்.

வெள்ளம் வருமுன் அணை போட வேண்டும் என்பது கெடிலக்கரை மக்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியது இல்லை. ஊர்ப் போட்டி ஆடும் வாலிபர்களும் இதை மனத்தில் வைக்க வேண்டும். முதல் ஆட்டத்தன்றே பட்டியல் போடுங்கள். அணியில் உள்ள கடைசி ஆளுக்கும் அதைக் காட்டுங்கள். கையில் இருக்கும் ஆட்டத்தை முதலில் ஜெயியுங்கள்.

அடுத்தவன் எப்போது தோற்பான் என்று காத்திருப்பவனுக்கு ஆட்டம் மிச்சம் இருக்காது. கணக்கு மட்டுமே மிச்சம் இருக்கும்!