வேண்டுவன மட்டும் ஏற்றுக

குற்றாலத்து அருவிநீர் சிற்றாறாய் வயல்புக, மடை திறக்கும் அளவை வயலின் தேவையே வகுக்கும். இணைய வழங்கிக்கும் இந்நெறி பொருந்தும். மத்தளம்பாறையில் ஸோகோ நிறுவனம் மென்பொருள் ஆக்கும் இந்நாளில், இது தென்காசியார்க்கு அயலான பொருளன்று.

1995இல் தோன்றிய அப்பாச்சி வழங்கி, தனிக் கோப்புகளாயுள்ள கூறுகளை ஏற்றித் தன் ஆற்றலைப் பெருக்கவல்லது. அமைப்புக் கோப்பில் ஒரு வரி எழுதினால் மறையாக்கக் கூறும் ஏறும். ஆயின், ஏற்றிய கூறு வழங்கியின் நினைவகத்துள்ளேயே இயங்குதலின், கூற்றின் பிழை வழங்கியின் பிழையாகும். 2014இல் வெளிப்பட்ட ஹார்ட்பிளீட் பிழை ஓப்பன்எஸ்எஸ்எல் நூலகத்தின்கண் இருந்தது. அதனை ஏற்ற வழங்கிகளின் நினைவகமோ அயலார்க்குக் கசியலாயிற்று.

"பின்னர் உதவும், கிடக்கட்டும்" என்பார் உளர். வேண்டும்பொழுது ஒரு வரியால் வருவதை இன்றே ஏற்றிவைப்பானேன்? பயனில் கூற்றை நீக்குதலே முதற்காவல் என்பது எம் துணிபு.