கோண்டோலினைக் கெடுத்தது மருமகன் மட்டும்தானா?



டோல்கீனின் 'சில்மரில்லியன்' படித்துக்கொண்டிருக்கிறேன் என்று போன வாரம் எழுதினேன் அல்லவா? அதைப் பார்த்துவிட்டுப் பழைய மாணவர்கள் மூன்று பேர் போன் செய்தார்கள். மூவரும் சொன்னது ஒன்றேதான். "டுர்கோன் மாதிரி ஒரு ராஜா உண்டா சார்? அந்த மைக்லின் மட்டும் காட்டிக் கொடுக்காமல் இருந்திருந்தால் கோண்டோலின் விழுந்தே இருக்காது."

கற்பனை உலகத்துக் கதைதான். இருந்தாலும் எனக்குக் கோபம் வந்துவிட்டது. முப்பது வருஷம் வரலாறு நடத்தினவன் நான். எந்த அரசின் வீழ்ச்சிக்குக் காரணம் கேட்டாலும் முதல் வரியில் ஒரு துரோகியைக் கொண்டுவந்து நிறுத்திவிட்டு, மீதிப் பக்கத்தை வெறுமையாக விடுவீர்கள். ஐந்துக்கு ஒன்றரை போடுவேன். இன்றைக்கும் அதே மதிப்பெண்தான்.

படிக்காதவர்களுக்காகச் சொல்கிறேன். டுர்கோன் எல்ஃப் குலத்து இளவரசன். பிறந்த நாட்டை விட்டுப் பனிப்பாலை வழியாக வந்தபோது மனைவியைப் பறிகொடுத்தான். மகள் இத்ரில் மட்டும் மிஞ்சினாள். வடக்கே மார்கோத் என்ற கொடியவன். கடல் தெய்வம் உல்மோ, மலைகள் வளையமாகச் சூழ்ந்த ஒரு பள்ளத்தாக்கை டுர்கோனுக்குக் காட்டினான். அதன் நடுவே இருந்த பாறைக் குன்றின் மேல், தான் விட்டு வந்த டிரியோன் நகரத்தின் சாயலில், 52 வருஷம் ரகசியமாக வேலை நடத்தி வெள்ளை நகரம் எழுப்பினான். வெறுமனே உத்தரவு போட்ட ராஜா அல்ல. பிறந்த நாட்டில் பட்டுப்போன இரண்டு ஒளிமரங்களைப் பொன்னிலும் வெள்ளியிலும் தன் கையாலேயே செய்து வைத்தவன். கட்டடக் கலைஞன் என்றால் அவன்தான். அதில் எனக்குச் சண்டையே இல்லை.

ஆனால் குடிபோவதற்கு முன்பே உல்மோ எச்சரித்துவிட்டான், கட்டியதன் மேல் மனசை ஒட்டவைத்துக்கொள்ளாதே என்று. ஒருநாள் என் தூதன் வருவான், அவனுக்கு அடையாளமாகக் கவசத்தையும் வாளையும் பழைய ஊரிலேயே விட்டுவிட்டுப் போ என்றும் சொன்னான். டுர்கோனும் அப்படியே செய்தான்.

ஏறக்குறைய நானூறு வருஷம் கழித்து அந்தக் கவசத்தையே அணிந்து டூவோர் வந்தான். நகரத்தை விட்டுவிட்டு ஜனங்களோடு ஆற்று வழியே கடலுக்குப் போ என்றான். டுர்கோன் போகவில்லை. சபையில் தூதனை எதிர்த்துப் பேசியது மைக்லின்தானே என்பீர்கள். பேசினான், ஒப்புக்கொள்கிறேன். சிம்மாசனத்தில் உட்கார்ந்து முடிவெடுத்தது யார்? மலைக்குள் வரும் ரகசிய வாசலையே அடைக்கச் சொன்னது யார்?

மைக்லின் டுர்கோனின் தங்கை அரெதெலின் மகன். மனைவியையும் மகனையும் தேடி வந்த அவன் அப்பா எயோலை டுர்கோன் முதலில் மரியாதையாகத்தான் வரவேற்றான். அடுத்த பேச்சு, வழி தெரிந்தவன் வெளியே போகக்கூடாது, இங்கேயே இரு, இல்லாவிட்டால் சாவு. எயோல் மகன் மேல் எறிந்த நஞ்சு தோய்ந்த ஈட்டி குறுக்கே பாய்ந்த அரெதெலைக் கொன்றது. எயோலைப் பாறை உச்சியிலிருந்து தள்ளினார்கள். பையன் பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு மாமன் மகள் இத்ரில் மேல் ஆசைப்பட்டான். நம்மூரில் முறைப்பெண் என்று பத்திரிகையே அடித்திருப்போம். அவர்களிடம் அது ஆகாத உறவு. எதிரியிடம் பிடிபட்டு அவன் ஊரைக் காட்டிக் கொடுத்தது பெரிய குற்றம்தான். அந்த ஒன்றரை மதிப்பெண் அதற்குத்தான்.

எனக்கு ஆறாதது ஹூரின் விஷயம். பெரும்போரில் 10,000 பேரோடு வந்த டுர்கோன் தோற்றுப் பின்வாங்கியபோது, எதிரியை மறித்து நின்று அவனைத் தப்பவைத்த மனிதன் ஹூரின். தன் ஆட்களையெல்லாம் இழந்தான். 28 வருஷம் மார்கோத்தின் பிடியில் கிடந்தான். விடுதலையானதும் கிழவனாக மலையடியில் நின்று டுர்கோனைப் பேர் சொல்லிக் கூப்பிட்டான். கழுகரசன் வந்து சொன்னான். டுர்கோனோ, ஹூரின் எதிரிக்குப் பணிந்துவிட்டான் என்று கதவைச் சாத்திக்கொண்டான். தனியாக உட்கார்ந்து யோசித்து மனம் மாறிக் கழுகுகளை அனுப்பியபோது ஹூரின் போய்விட்டான். அந்தக் கூப்பாட்டைக் கேட்டது மார்கோத்தின் ஒற்றர்கள். நகரம் எந்தத் திசையில் என்று எதிரிக்குத் தெரிந்தது அப்போது. மைக்லின் வாய் திறப்பதற்குச் சில வருஷம் முன்பு!

வாசலை அப்பா அடைத்தார். மகள் இத்ரில் சிலருக்கு மட்டும் தெரிய ஒரு சுரங்கம் தோண்டி வைத்தாள். நகரம் எரிந்த அன்று அவளும் டூவோரும் ஏழு வயது மகனும் இன்னும் கொஞ்சம் பேரும் பிழைத்தது அந்தச் சுரங்கத்தால். டுர்கோன் தன் கோபுரத்தோடு சரிந்தான்.

சாருக்கு ஏன் இவ்வளவு ஆத்திரம் என்று கேட்பீர்கள். என் வீட்டை உங்களில் பலர் பார்த்திருக்கிறீர்கள். லோன் போட்டு, ஞாயிற்றுக்கிழமைதோறும் நானே நின்று சுவருக்குத் தண்ணீர் ஊற்றிக் கட்டிய வீடு. ஏரிக்குக் கீழே தாழ்வான இடம், யோசியுங்கள் என்று மேஸ்திரி அப்போதே சொன்னார். இரண்டு மழைக்காலமாக நடுவீட்டில் தண்ணீர் நிற்கிறது. மகள் தன்னோடு வந்துவிடச் சொல்கிறாள். வாய்க்காலைத் தூர்த்துப் பிளாட் போட்டவனால் வந்த வினை இது, நான் ஏன் போகவேண்டும் என்று போனில் அவளிடம் கத்திக்கொண்டிருக்கிறேன்.

நேற்று வங்கிக்குப் போய்த் திரும்பினால் அலமாரி காலி. என்னைக் கேட்காமலேயே ஆளை அனுப்பிப் புத்தகப் பெட்டிகளைத் தன் வீட்டுக்கு எடுத்துப் போய்விட்டாள். 'சில்மரில்லியன்' அதிலே போய்விட்டது. அதனால் மேலே சொன்னதற்கு யாரும் பக்க எண் கேட்காதீர்கள்.