கையெழுத்துக்கு முன் கணக்கு

கிளிநொச்சி, தருமபுரத்தில் எங்கள் வீட்டு முற்றத்தில் உட்கார்ந்துகொண்டு தாத்தா ஒரே கணக்கைத் திரும்பத் திரும்பச் சொல்வார். "இருபத்திரண்டு வருசம் மலையில முள்ளு குத்தினேன், கவ்வாத்து வெட்டினேன். வரும்போது ஒரு தகரப்பெட்டி, ரெண்டு கம்பளி, இடுப்பில உங்கப்பன். அவ்வளவுதான்." 1977 ஆகஸ்ட் கலவரத்தில் லயத்தை விட்டு ஓடி, வவுனியாவுக்கு லொறியேறி, அங்கிருந்து காடு வெட்டிக் குடியேறிய குடும்பங்களில் எங்களுடையதும் ஒன்று. 22 வருட உழைப்புக்குத் தோட்டத்திலிருந்து அவர் கைக்கு வந்தது ஒரு சதமும் இல்லை. அத்தனை வருடம் அங்கே வேலை செய்தார் என்று காட்ட ஒரு துண்டும் இல்லை.

அந்தத் தாத்தாவின் பேத்தி இப்போது மலையகத்தில் ஒரு தோட்டப் பாடசாலையில் படிப்பிக்கிறேன். பாடசாலை விட்ட பிறகு சங்க வேலை. அந்த வேலையில் அடிக்கடி கேட்கும் ஒரு பேச்சு, தாத்தாவின் பழைய கணக்கை நினைவுக்குக் கொண்டுவருகிறது: "டீச்சர், சர்வீஸ் காசு குடுத்தாங்க. கையெழுத்துப் போட்டுட்டேன். சரியாத்தானே இருக்கும்?"

தோழர்களே, சரியாக இருக்குமா என்று கேட்க வேண்டியது கையெழுத்துப் போட்ட பிறகு அல்ல, அதற்கு முன்னால்.

சர்வீஸ் காசு என்று நாம் சொல்வதற்குச் சட்டத்தில் பெயர் பணிக்கொடை. இந்தப் பெயரிலேயே ஒரு சிக்கல் இருக்கிறது. கொடை என்றதும் துரை மனமிரங்கித் தருவது போல ஒரு நினைப்பு வந்துவிடுகிறது. அது கொடை அல்ல. ஒவ்வொரு வருடமும் நாம் உழைத்துச் சேர்த்து, கம்பனியின் கையில் விட்டுவைத்த சம்பளம். 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கப் பணிக்கொடைக் கொடுப்பனவுச் சட்டம் அதைக் கடனாகவே பார்க்கிறது. வேலை முடிந்த நாளிலிருந்து 30 நாட்களுக்குள் கொடுத்துத் தீர்க்க வேண்டும்.

கணக்கு மிக எளிது. நாட்சம்பளக்காரருக்கு, முழுமையான ஒவ்வொரு சேவை வருடத்துக்கும் 14 நாட்சம்பளம். மாதச் சம்பளக்காரருக்கு, வருடத்துக்கு அரைமாதச் சம்பளம். இரண்டுக்குமே கடைசியாக வாங்கிய சம்பளம்தான் அளவுகோல். கிலோக் கணக்கில் கூலி வாங்குபவர் என்றால், கடைசி மூன்று மாதத்தில் வாங்கிய மொத்தக் கூலியை அந்த மூன்று மாதத்தில் வேலை செய்த நாட்களால் வகுத்தால் நாட்சம்பளம் வந்துவிடும். ஆண்டு 9 பிள்ளைகள் கரும்பலகையில் இரண்டு நிமிடத்தில் செய்து முடிக்கும் பெருக்கல் இது. 14, கடைசி நாட்சம்பளம், சேவை வருடம். மூன்றே எண்கள்.

14 என்ற எண்ணைச் சட்டம் எழுதிவிட்டது, அதில் கைவைக்க யாராலும் முடியாது. நாம் இழப்பதெல்லாம் மற்ற இரண்டில்தான்.

முதலில் வருடத்தைப் பார்ப்போம். எனக்குத் தெரிந்த ஓர் அக்கா, பேர் வெட்டிய நாளில் நாட்சம்பளம் 1350 ரூபாய். தோட்டத்தில் அவருக்கு எழுதிக் கொடுத்த தொகை 453,600 ரூபாய். அவருடைய மகன் என் வகுப்பில் படிக்கிறவன். அவன் அந்தத் துண்டைக் கொண்டுவந்து காட்டினான். 14 ஐ 1350 ஆல் பெருக்கினால் ஒரு வருடத்துக்கு 18,900. அதால் 453,600 ஐ வகுத்தால் 24. "டீச்சர், அம்மா 31 வருசம் வேலை செஞ்சாங்களே?" என்றான். எங்கே போனது 7 வருடம்? கல்யாணம் முடித்து வேறு டிவிசனுக்கு வந்தபோது அக்காவுக்குப் புதிய செக்ரோல் நம்பர் போட்டிருக்கிறார்கள். அதே கம்பனி, அதே மலை, அதே கொழுந்து. கணக்கு மட்டும் புது நம்பரிலிருந்து தொடங்கியிருக்கிறது. ஊழியர் சேமலாப நிதியக் கணக்கை எடுத்துப் பார்த்தபோது பழைய 7 வருடத்துக்கும் பணம் கட்டியிருந்தது தெரிந்தது. அதைக் கொண்டுபோய் வைத்த பிறகு தொகை 585,900 ஆனது. 132,300 ரூபாய் ஒரு பிள்ளையின் வகுத்தல் கணக்கில் திரும்பி வந்தது. அவன் கேட்டிருக்காவிட்டால் அந்தக் காசு யாருக்கும் தெரியாமலே போயிருக்கும்.

இதை ஒரு லிகிதரின் தவறு என்று நான் சொல்ல வரவில்லை. பேர் மாறுவது, டிவிசன் மாறுவது, அடையாள அட்டையில் ஒரு எழுத்தும் செக்ரோலில் வேறொரு எழுத்துமாக இருப்பது நம் வாழ்க்கையில் சாதாரணம். பெண்களுக்கு இன்னும் சாதாரணம். தவறு யாருடையதாக இருந்தாலும் இழப்பு நம்முடையதாகவே முடிகிறது.

அடுத்தது கடைசி நாட்சம்பளம். சம்பளப் போராட்டத்தை மாதக் கடைசியில் கைக்கு வரும் காசாக மட்டுமே நாம் பார்த்துவிடுகிறோம். 2021 மார்ச்சில் நாட்சம்பளம் 1000 ரூபாயானது. 2024 மே மாதத்தில் 1700 என்று வர்த்தமானி வந்தது, கம்பனிகள் நீதிமன்றம் போயின, இழுபட்டுக் கடைசியில் செப்டெம்பரில் 1350 ஆனது. அந்த இழுபறி மாதங்களில் 30 வருடச் சேவையோடு ஓய்வுபெற்ற ஒருவரை நினைத்துப் பாருங்கள். 1000 ரூபாய்க் கணக்கில் அவருக்கு 420,000. சம்பளம் கூடிய பிறகு போனவருக்கு 567,000. இடையில் இருக்கும் 147,000 ரூபாய் அந்தச் சில மாதத் தாமதத்தின் விலை. கடைசிச் சம்பளம் ஒரு ரூபாய் கூடினால் அது 30 வருடத்துக்கும் சேர்த்துக் கூடுகிறது. ஆகவே சம்பளப் பேச்சுவார்த்தையை இழுத்தடிக்கும் ஒவ்வொரு மாதத்திலும் கம்பனிக்கு இன்னோர் இலாபமும் இருக்கிறது. வயதான தொழிலாளர்கள்தான் இந்தப் போராட்டத்தின் முன்வரிசையில் நிற்க வேண்டும் என்று நான் சொல்வது இதனால்தான்.

"தேயிலை விலை இறங்கிவிட்டது, இப்போது கையில் காசில்லை" என்று நிர்வாகம் சொல்லும். சில இடங்களில் அது உண்மையாகவும் இருக்கலாம். ஆனால் பணிக்கொடை திடீரென்று வந்து நிற்கும் செலவு அல்ல. பங்குச் சந்தையில் உள்ள தோட்டக் கம்பனிகள் தொழிலாளருக்கு எவ்வளவு பணிக்கொடை கடன் இருக்கிறது என்பதை வருடாவருடம் தங்கள் கணக்கறிக்கையில் எழுதுகின்றன. ஒருவர் எந்த வருடம் ஓய்வுபெறுவார் என்பது அவருடைய பேர் பதிந்த நாளிலேயே தெரியும். தெரிந்த கடனுக்குக் காசில்லை என்றால் அது விலையின் குற்றமல்ல. அரசாங்கத்தின் ஜனவசம, பெருந்தோட்டக் கூட்டுத்தாபனத் தோட்டங்களிலேயே இந்த நிலுவைகள் வருடக்கணக்கில் தேங்கிக் கிடந்ததை நாம் பார்த்திருக்கிறோம்.

தாமதத்துக்குச் சட்டம் விலை வைத்திருக்கிறது. ஒரு மாதத்துக்கு உட்பட்ட தாமதத்துக்கு 10 வீதம் மேலதிகமாகக் கட்ட வேண்டும். மூன்று மாதம் வரை 15, ஆறு மாதம் வரை 20, ஒரு வருடம் வரை 25, அதற்கு மேல் 30 வீதம். மேலே சொன்ன அக்காவின் 585,900 ரூபாயை ஒரு வருடத்துக்கு மேல் இழுத்தடித்தால் 175,770 ரூபாய் சேர்த்துக் கொடுக்க வேண்டும். இதைக் கேட்டு வாங்கியவர்கள் நம்மில் எத்தனை பேர்? தாமதித்து வந்த காசோலையையே பெரிதென்று கும்பிட்டு வாங்குகிறோம். நம் சங்கங்களையும் இங்கே சொல்லத்தான் வேண்டும். சட்டப்படி 30 நாளில் வர வேண்டிய காசை இரண்டு வருடம் கழித்து மேடை போட்டு, மாலை மாற்றி, படம் பிடித்துக் கொடுப்பது பெருமைக்குரியதல்ல. அந்த மேடையில் கேட்க வேண்டிய கேள்வி, "மேலதிக 30 வீதம் எங்கே?" என்பதுதான்.

இன்னொரு குழப்பம். "ஈபிஎப் எடுத்துட்டீங்கதானே, வேற என்ன?" என்று கந்தோரில் கேட்பார்கள். இவை மூன்று தனித்தனிக் காசு. சேமலாப நிதியில் நம் சம்பளத்தில் 8 வீதமும் நிர்வாகத்தின் 12 வீதமும் சேர்கின்றன. நம்பிக்கைப் பொறுப்பு நிதிக்கு நிர்வாகம் மட்டும் 3 வீதம் கட்டுகிறது. பணிக்கொடை இவை இரண்டிலும் சேராதது, நிர்வாகம் நேரே நமக்குத் தர வேண்டியது. ஒன்றை வாங்கியதால் மற்றது தீர்ந்துபோகாது. ஓய்வுபெற்றுப் போனாலும், நாமே விலகினாலும், அவர்கள் நிறுத்தினாலும், தொழிலாளி இறந்துபோனாலும் ஐந்து வருடம் முடிந்திருந்தால் பணிக்கொடை உண்டு. இறந்தவரின் காசு அவருடைய உரித்தாளிகளுக்குப் போகும். களவு, மோசடி, சொத்துச் சேதம் என்று வேலை நீக்கினாலும், ஏற்பட்ட நட்டத்தின் அளவுக்கே பிடிக்கலாம். அதற்கு மேல் பிடிக்க முடியாது.

அந்த ஐந்து வருட எல்லை பற்றி வன்னியில் இருக்கும் நம் சொந்தங்களுக்குத் தனியாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. போன விடுமுறைக்கு ஊருக்குப் போனபோது பக்கத்து வீட்டுத் தங்கச்சி ஒருத்தி ஆடைத் தொழிற்சாலை வேலையை விட்டுவிட்டு இருந்தாள். நாலு வருடம் பத்து மாதம். இன்னும் இரண்டு மாதம் போயிருந்தால் இரண்டரை மாதச் சம்பளம் அவளுக்குக் கிடைத்திருக்கும். யாரும் அவளை ஏமாற்றவில்லை, யாரும் அவளுக்குச் சொல்லவுமில்லை. பளைப் பக்கத்துத் தென்னந்தோட்டங்களிலும், வவுனியாவின் கடைகளிலும், ஆலைகளிலும் வேலை செய்யும் நம் பிள்ளைகளுக்கும் இதே சட்டம்தான். முந்திய 12 மாதத்தில் ஒரு நாளாவது 15 பேர் அல்லது அதற்கு மேல் வேலைக்கு வைத்திருந்த முதலாளி பணிக்கொடை கட்ட வேண்டும். சாதாரண நாளில் எட்டுப் பேர் நிற்கும் தோட்டத்தில் தேங்காய் பறிக்கும் நாளில் எத்தனை பேர் நின்றார்கள் என்று எண்ணி வையுங்கள்.

மலையகத்தில் இப்போது வெளிவாரி உற்பத்தி முறை என்று தேயிலைத் துண்டுகளைப் பிரித்துக் கொடுக்கிறார்கள். அது நல்லதா கெட்டதா என்பது தனி விவாதம். ஆனால் அந்தப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டதும் செக்ரோலில் நம் பேர் இருக்குமா, இல்லையா? இல்லை என்றால் அன்றைய நாள்வரை உள்ள பணிக்கொடை எங்கே? இந்தக் கேள்விக்கு எழுத்தில் பதில் வராமல் பேனாவைத் தொடாதீர்கள்.

என் தாத்தாவின் கணக்கை இனி யாரும் தீர்க்கப் போவதில்லை. அவர் மலையை விட்டு ஓடிய காலத்தில் இப்படி எல்லாருக்குமான ஒரு சட்டமே இல்லை. அந்தச் சட்டம் வந்த 1983இலேயே ஜூலைக் கலவரமும் வந்தது. இன்னும் எத்தனையோ பேர் சட்டம் தந்த உரிமையைக் கேட்க ஆளில்லாமல் வன்னிக்கு வந்து சேர்ந்தார்கள். சேர்த்து வைத்த காகிதங்களும் 2009 இடப்பெயர்வில் பதுங்குகுழிகளிலும் தெருக்களிலும் போயின. தாத்தாவின் தகரப்பெட்டியும் அதில் ஒன்று. ஆனால் சேமலாப நிதியக் கணக்குக் கொழும்பில் இருக்கிறது. காகிதம் தொலைந்ததால் சேவை தொலைந்துவிடாது என்பதை வன்னியில் இருப்பவர்கள் மனதில் வைத்து, அடையாள அட்டை இலக்கத்தோடு தொழில் அலுவலகத்துக்குப் போய்க் கேட்க வேண்டும்.

காகிதம் கையில் இருக்கிற நமக்கு என்ன சாட்டு இருக்கிறது? ஒவ்வொரு தோட்டக் கமிட்டியும் அங்கத்தவர் ஒவ்வொருவருக்கும் ஒரு சேவை அட்டை எழுத வேண்டும் என்று நான் கேட்கிறேன். பேர் பதிந்த திகதி, டிவிசன் மாறிய திகதி, செக்ரோல் நம்பர், சேமலாப நிதி நம்பர், நாட்சம்பளம் மாறிய திகதிகள். ஒரு பக்கம் போதும். வருடத்துக்கு ஒருமுறை பிள்ளையிடம் கொடுத்து 14 ஆல் பெருக்கச் சொல்லுங்கள். ஓய்வுபெறும் நாளில் கந்தோர் நீட்டும் தாளையும் இந்த அட்டையையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டும் ஒன்றானால் கையெழுத்துப் போடுங்கள். இல்லையென்றால் கணக்கை எழுத்தில் கேட்டு வாங்கிக்கொண்டு சங்கத்துக்கு வாருங்கள்.

22 வருடம் என்று தாத்தா வாயால் மட்டுமே சொல்ல முடிந்தது. நம் பிள்ளைகளிடம் நாம் எழுதிக் காட்டுவோம்.