எஞ்சி நிற்போரும் நாவலும்

உருசிய நாவலாசிரியர் டால்ஸ்டாயின் ‘அன்னா கரீனினா’ 1875ஆம் ஆண்டு முதல் ‘ருஸ்கி வெஸ்த்னிக்’ என்னும் சஞ்சிகையிலே தொடர்கதையாக வெளிவந்தது. 1877இல் ஏழாம் பாகம் கதாநாயகியின் தற்கொலையோடு முடிவுற்றது. அதனையடுத்த எட்டாம் பாகத்தை வெளியிடச் சஞ்சிகையின் அதிபர் கத்கோவ் மறுத்துவிட்டார். சேர்பிய யுத்தத்துக்குச் சென்ற உருசியத் தொண்டர்களைப்பற்றி ஆசிரியர் அதிலே எழுதியிருந்தவை அவருக்கு ஒவ்வாமையே மறுப்புக்குக் காரணம். ஆயின் வாசகர்க்கு அவர் கூறிய சமாதானம் வேறு. கதாநாயகி இறந்தாள், அத்துடன் கதையும் முடிந்தது என்பதே அது. டால்ஸ்டாய் எட்டாம் பாகத்தைத் தனி நூலாகத் தாமே அச்சிட்டு வெளியிட்டார்.

கத்கோவ் கூறிய சமாதானம் அவரொருவருக்கே உரியதன்று. தமிழில் எழுதுவோர் பலரும், அவரினும் மிகுதியாகத் திரைப்படக்காரரும், அதனையே கொள்கையாகக் கொண்டு வந்திருக்கின்றனர். கதையிலே ஒரு முடிச்சு அவிழவில்லையா? ஒருத்தியை ஆற்றிலே இறக்கிவிடு. காதலுக்குக் குறுக்கே ஒருவன் நிற்கின்றானா? அவன் ஒரு கடிதம் எழுதி வைத்துவிட்டு மறையட்டும். வாசகர் கண்ணீர் விடுவர், திரை விழும். மறுநாட் காலையில் அவ்வீட்டிலே அடுப்பு மூட்டியவர் யாவர், கடிதத்தை முதலிற் பிரித்தவர் யாவர், பாடசாலைக்குப் பிள்ளையை யார் அழைத்துச் சென்றார் என்பனவற்றை எவரும் கேட்பதில்லை. தற்கொலையைப் பொருளாகக் கொண்ட ஒரு நாவலின் தரத்தை, அச்சாவை அது எத்துணை உருக்கமாக வருணிக்கின்றது என்பதைக்கொண்டு அளத்தல் தவறு. சாவுக்குப் பின் எஞ்சி நிற்போருக்கு அது எத்தனை பக்கங்களை ஒதுக்குகின்றது என்பதைக்கொண்டே அளத்தல் வேண்டும் என்பது எமது துணிபு.

டால்ஸ்டாய் ஒதுக்கிய பக்கங்களைப் பாருங்கள். இரண்டு மாதம் கழிந்துவிட்டது. அன்னாவின் காதலனாகிய விரோன்ஸ்கி, எங்கேனும் சென்று உயிரைக் கொடுத்துவிட வேண்டுமென்ற ஒரே எண்ணத்தோடு போர்முனைக்குப் புறப்படுகின்றான். புகைவண்டி நிலையத்திலே பல்வலியோடு நின்று பேசுகின்றான். மகத்தான துயரத்தின் நடுவே ஒரு பல்வலி! அவன் தாயோ இறந்தவளை இன்னமும் வைதுகொண்டிருக்கின்றாள். பெண் குழந்தையை, அதற்குத் தந்தையல்லாத கரீனின் அழைத்துச் சென்றுவிட்டான். ஏனையோர் அன்னாவின் பேரையே எடுப்பதில்லை. இவற்றுக்கும் மேலாக, நல்ல மனைவியும் குழந்தையும் நிலபுலமும் உடைய லெவின், அதே எண்ணத்தோடு தானும் தனிமையிற் போராடுகின்றான். மனைவிக்குக்கூட அது தெரியாது. பிளாபேரின் ‘மதாம் பொவாரி’யும் (1857) இவ்வாறே தலைவியின் சாவுக்கப்பால் நடந்து செல்கின்றது. கணவன் சார்ல்ஸ் அவள் ஒளித்துவைத்த கடிதங்களைக் கண்டெடுக்கின்றான், அவனும் மடிகின்றான். மகள் சிறுமி பேர்த் ஏழை அத்தையொருத்தியிடம் சேர்ந்து, பிழைப்புக்காகப் பஞ்சாலைக்கு அனுப்பப்படுகின்றாள். ஒரு வாக்கியத்தில் ஆசிரியர் இதனைச் சொல்லிவிட்டுப் போகின்றார். அந்நூல் முழுவதிலும் எம்மை நெடுநாள் உறங்கவிடாத வாக்கியம் அதுவே.

ஜூபிலி மலரிலே இத்தகைய பொருள் ஏன் என்று அன்பர் சிலர் வினவக்கூடும். மலரின் கடைசிப் பக்கங்களை அவர்கள் புரட்டிப் பார்க்கவேண்டும். எந்தக் கல்லூரி மலரிலும் அமரரான பழைய மாணவரின் பட்டியல் ஒன்று இருக்கும். ஒருவர் சேவையிலிருந்து ஓய்வுபெற்று நோயுற்று மறைந்தார் என்றிருக்கும். இன்னொருவர் வீதி விபத்திற் காலமானார் என்றிருக்கும். சிலருடைய பெயருக்கு நேரே ஆண்டு மாத்திரமே இருக்கும். அப்பெயர் வரும்போது கூட்டத்திலே பேச்சு வேறு திசைக்குத் திரும்புவதை நாம் எல்லோரும் அறிவோம்.

பல்லேகலையிலும் குண்டசாலையிலும் திகனையிலும் ஓர் ஒழுங்கையில் வெள்ளைக்கொடி கட்டப்பட்டால் தமிழரென்றும் சிங்களவரென்றும் பாராது அயலவர் வந்து கூடுவர். இந்நல்வழக்கம் வேறெங்கும் எளிதிற் காணக்கிடையாதது. ஆயின் வந்தவரெல்லாம் கேட்கும் முதல் வினா, “என்ன நடந்தது?” என்பது. அதற்கு அவ்வீட்டார் ஒரு விடையை ஆயத்தமாக வைத்திருக்கவேண்டியிருக்கின்றது. திடீரென நெஞ்சுவலி என்பர். கால் தவறியது என்பர். திடீர் மரண விசாரணை அதிகாரி தமது படிவத்திலே ஒரு சொல்லை எழுதிக் கையொப்பமிட்டுச் சென்றுவிடுவார். அச்சொல்லை வெளியே கூறாமலே தாயொருத்தி எஞ்சிய வாழ்நாளைக் கழிப்பாள். தற்கொலை முயற்சி 1998ஆம் ஆண்டு வரை இந்நாட்டிலே தண்டனைக்குரிய குற்றமாகவே இருந்தது. சட்டம் நீங்கிய பின்னரும் அச்சமும் நாணமும் நீங்கவில்லை. தோட்டத்து லயங்களிலோ நிலைமை இன்னும் கடினம். ஒரு சுவருக்கு அப்பால் அழுவது இப்பாலுக்குக் கேட்கும். அங்கே மறைத்து அழவும் இடமில்லை.

இது எங்கேயோ சிலருக்கு நேர்ந்த விதி என்று தள்ளிவிட முடியாது. 1995ஆம் ஆண்டிலே இலங்கையில் இலட்சம் பேருக்கு ஏறத்தாழ 47 பேர் இவ்வாறு மாண்டனர். உலகிலேயே மிகவுயர்ந்த விகிதங்களுள் அஃதொன்று. பின்னர் அது குறைந்த வரலாறும் நமக்கு அண்மையிலே நிகழ்ந்ததேயாகும். மகாவலிக் கரையிலே, பேராதனைக் கெட்டம்பேயிலே பூச்சிகொல்லிப் பதிவாளர் அலுவலகம் உள்ளது. கொடிய நஞ்சுகளின் இறக்குமதி 1995 தொடக்கம் படிப்படியாகத் தடைசெய்யப்பட்டது. 2008ஐ அடுத்த ஆண்டுகளில் மேலும் சில தடைசெய்யப்பட்டன. இருபது ஆண்டுகளில் விகிதம் நூற்றுக்கு எழுபது பங்கு வீழ்ந்தது. 1995 முதல் 2015 வரை 93,000 உயிர்கள் காக்கப்பட்டன என்பது உலக சுகாதார நிறுவனம் எடுத்துக்காட்டும் மதிப்பீடு. ஒரு கணத்து வேதனையில் கைக்கெட்டிய பொருள் எட்டாமற் போனால் மனிதன் பிழைத்துக்கொள்கின்றான்; பிழைத்தவருட் பெரும்பாலோர் மீண்டும் அவ்வழியை நாடுவதுமில்லை. அவர் உள்ளபடி சாவை விரும்பினார், ஆகையால் எவராலும் தடுத்திருக்க முடியாது என்ற நம் ஊர்ப்பேச்சுக்கு இதைவிடச் சிறந்த மறுப்பு வேண்டுமோ? அரசாங்கக் கட்டளை செய்யக்கூடியதை அது செய்தது. காக்கப்படாத வீடுகளின் உள்ளே நுழைந்து பார்ப்பது கட்டளையின் வேலையன்று. அது கதை சொல்பவனின் வேலை.

அவ்வேலையை நம் முன்னோர் அறிந்திருந்தனர். புதல்வரோடு பகைகொண்டு வடக்கிருந்து உயிர்நீத்த கோப்பெருஞ்சோழனை நாம் அனைவரும் வகுப்பறையிற் படித்தோம். அவனோடு உடனிருந்து மாண்ட பிசிராந்தையாரை நட்புக்கு இலக்கணமாக ஆசிரியர் புகழ்ந்தனர். மூன்றாமவரான பொத்தியாரை நாம் மறந்துவிடுகின்றோம். மகன் பிறந்த பின் வா என்று சோழன் அவரைத் திருப்பி அனுப்பினான். அவர் உறையூருக்கு மீண்டார். அரசனில்லாத ஊரைக் கண்டு அழுத தமது நிலையை, நெடுநாள் சோறூட்டி வளர்த்த யானையை இழந்து அது கட்டப்பட்டிருந்த வெறுந்தறியைப் பார்த்துக் கலங்கும் பாகனுக்கு அவர் ஒப்பிடுகின்றார். பெரஹராவில் யானையும் பாகனும் சேர்ந்து நடப்பதை ஆண்டுதோறும் காணும் கண்டியார்க்கு இவ்வுவமைக்கு உரை வேண்டியதில்லை. வடக்கிருத்தலை இக்காலத் தற்கொலையோடு ஒன்றாக்கல் பொருந்தாது. ஆனால் வெறுந்தறியைப் பார்ப்பவனின் கண் அன்றும் இன்றும் ஒன்றே. சிலப்பதிகாரத்து மாடலனும் அத்தகையவன். கோவலன் கொலையுண்ட செய்தியைப் புகாருக்குக் கொண்டு சென்றவன் அவன். அதைக் கேட்டுச் சிலர் உயிர் துறந்தனர். அப்பழி தன்னைச் சூழ்ந்ததென அஞ்சிக் கங்கையாடச் செல்கின்றான். செய்தி சொன்னவனுக்கே இத்துணைக் குற்றவுணர்வானால், கடைசியாக ஒரு கடுஞ்சொல் சொல்லிவிட்டோமோ என்று ஏங்கும் தந்தைக்கு எவ்வளவிருக்கும்!

இக்குற்றவுணர்வையே முழு நாவலுக்கும் பொருளாக்கியவர் சப்பானிய ஆசிரியர் நட்சுமே சோசெக்கி. அவருடைய ‘கொக்கோரோ’ 1914இல் ‘ஆசாகி’ நாளிதழிலே வெளிவந்தது. ஒரே வீட்டிலே தங்கிய மாணவர் இருவர் வீட்டுக்காரியின் மகளை விரும்புகின்றனர். தன் காதலை நண்பனிடம் ஒருவன் வெளியிடுகின்றான். மற்றவன் அதை மறைத்துத் தான் முந்திக்கொண்டு பெண் கேட்டுவிடுகின்றான். முதலாமவன் தன்னை மாய்த்துக்கொள்கின்றான். இரண்டாமவன் அவளையே மணந்து, மாதந்தோறும் நண்பனின் கல்லறைக்குத் தனியே சென்று, மனைவிக்கு ஒரு சொல்லும் கூறாமல், வேலையொன்றும் செய்யாமல் ஆண்டுகளைக் கடத்துகின்றான். ஈற்றில் ஓர் இளைஞனுக்கு நீண்ட கடிதம் எழுதிவிட்டுத் தானும் அவ்வழியே போகின்றான். மனைவிக்கு மட்டும் சொல்லிவிடாதே என்பது அவன் வேண்டுகோள். ஒரு சாவு இன்னொரு சாவுக்கு வித்தாவதை இதனினும் அமைதியாக எவரும் எழுதியதில்லை. ஆயினும் எமக்கு ஒரு குறை உண்டு. இருவரையும் இழந்து, காரணமும் அறியாமல் நிற்கும் அம்மனைவிக்குச் சோசெக்கி ஓர் அத்தியாயமும் கொடுக்கவில்லை. நூலிலே மிகுதியும் வஞ்சிக்கப்பட்டவள் அவளே.

தமிழுக்கு வருவோம். முதல் ஈழத்து நாவலெனப்படும் ‘அசன்பே சரித்திரம்’ 1885இல் இக்கண்டியைச் சேர்ந்த சித்திலெவ்வையால் எழுதப்பட்டது. நாவற்கலை நமக்குப் புதிதன்று. தி. ஜானகிராமனின் ‘மோகமுள்’ளிலே கிழவருக்கு வாழ்க்கைப்பட்ட இளம்பெண் தங்கம்மா, பாபுவால் மறுக்கப்பட்டபின் உயிரை மாய்த்துக்கொள்கின்றாள். அம்மரணம் பாபுவை உறுத்துகின்றது. எனினும் கதையின் வெள்ளம் யமுனாவை நோக்கியே ஓடுகின்றது. மகத்தான அந்நாவலிலே தங்கம்மா ஒரு படிக்கட்டு. அப்படிக்கட்டிலே நின்று திரும்பிப் பார்க்க நாம் விரும்பினோம்.

திரும்பிப் பார்த்தவர் பெருமாள்முருகன். ‘மாதொருபாகன்’ (2010) நாவலின் பேரிலே எழுந்த கூச்சல் பலரும் அறிந்தது. அக்கூச்சலிலே, 2014இல் அவர் அதன் தொடர்ச்சியாக எழுதிய இரு நாவல்கள் உரிய கவனம் பெறாமற் போயின. பிள்ளையில்லாத காளியும் பொன்னாவும் ஒருவரையொருவர் மிக நேசித்த தம்பதிகள். திருச்செங்கோட்டுத் திருவிழா இரவிலே மனைவி தன்னை வஞ்சித்தாள் என்று எண்ணிய காளி மரத்தடியில் நிற்க, முதல் நாவல் முடிகின்றது. ‘ஆலவாயன்’ அவன் இறந்ததாகக் கொண்டு தொடங்குகின்றது; ‘அர்த்தநாரி’ அவன் இறவாததாகக் கொண்டு தொடங்குகின்றது. அதே இரவு, அதே மனிதர், இரு கதைகள்! இத்தகைய முயற்சி தமிழிலே அரியது. ‘ஆலவாயன்’ முழுவதும் எஞ்சி நிற்பவளின் கதை. தன்னை இத்துணைக் கொடுமையாகத் தண்டித்துவிட்டானே என்ற சினமும், அவனோடு இன்புற்ற நினைவும் மாறி மாறிப் பொன்னாவை வருத்துகின்றன. அவள் கருவுற்றிருக்கின்றாள். தாயும் மாமியாருமாகிய இரு கிழவிகள் அவளைத் தாங்கிக்கொள்கின்றனர். மகனைப் பறிகொடுத்த மாமியார் மருமகளைத் தூற்றுவாள் என்றே நாம் எதிர்பார்த்தோம். அவ்வழக்கை உடைத்ததே அந்நூலின் பெருமை. ‘அர்த்தநாரி’யிலோ காளி உயிரோடிருந்து மனைவியோடு பேசாமலே அவளை வதைக்கின்றான். உயிர் பிழைத்ததனால் வாழ்வு இனித்துவிடவில்லை. ஆனால் சண்டையிட ஆள் இருக்கின்றான். நாளை என்றொரு நாள் இருக்கின்றது.

இத்தகைய நூல்களை மாணவர் கையிற் கொடுத்தல் தகுமோ என்று ஆசிரியரும் பெற்றோரும் அஞ்சுவதை நாம் மதிக்கின்றோம். கெதேயின் ‘வெர்தர்’ 1774இல் வெளிவந்தபோது இளைஞர் அவன் உடையைப்போல் உடுத்துத் திரிந்தனர். மறு ஆண்டே லைப்சிக் நகரம் அந்நூலைத் தடைசெய்தது. சாவைக் கவர்ச்சியாகக் காட்டும் செய்தி மேலும் சாவைத் தூண்டும் என்பதற்கு, அந்நாவலின் பேரையே 1974இல் டேவிட் பிலிப்ஸ் என்னும் அமெரிக்க ஆய்வாளர் இட்டார். ஆயின் 2010இல் வியன்னா ஆய்வாளர், இடரைக் கடந்து வாழ்ந்தோரின் செய்தி அவ்விகிதத்தைத் தாழ்த்தக்கூடும் எனக் கண்டு, மொசார்ட்டின் இசைநாடகத்திலே தடுத்து நிறுத்தப்பட்ட பபகேனோவின் பேரை அதற்கு இட்டனர். வெர்தரின் கதை சாவோடு முடிகின்றது. பொன்னாவின் கதை சாவோடு தொடங்குகின்றது. இரண்டையும் ஒரே அலுமாரியிற் பூட்டிவைத்தல் விவேகமாகாது. திரைப்படமும் கைத்தொலைபேசியும் எவரையும் கேளாமலே வெர்தரை மாணவனிடம் கொண்டுவந்து சேர்க்கும் இந்நாளிலே, பொன்னாவைக் கொடுக்க மறுப்பானேன்? க.பொ.த. பரீட்சைப் பெறுபேறு வெளிவரும் கிழமைகளில் ஒவ்வோர் ஆசிரியரும் எந்தப் பிள்ளையை எண்ணிக் கலங்குகின்றார் என்பதை அவரே அறிவார்.

ஜூபிலியை முன்னிட்டு நூல்நிலையத்துக்கு நூல்கள் வழங்க முன்வரும் பழைய மாணவர், மேற்கூறியவற்றையும் பட்டியலிற் சேர்த்துக்கொள்வாராக. உயர்தர வகுப்பிற் படிப்பிக்கும் ஆசிரியர் ஒருவர் முதலிற் படித்து, மாணவரோடு அமர்ந்து அவைபற்றிப் பேசவேண்டும். தேசிய மனநல உதவித் தொலைபேசி இலக்கமாகிய 1926 ஒவ்வொன்றின் முன்னட்டையின் உட்புறத்திலும் ஒட்டப்படலாம். 1974 முதல் இப்பணி செய்துவரும் சுமித்ரயோவைப்பற்றியும் ஒரு வரி எழுதலாம். நூலகரிடம் இன்னுமொரு வேண்டுகோள். ‘ஆலவாயன்’, ‘அர்த்தநாரி’ இரண்டையும் ஒன்றாகக் கட்டுவித்து ஒரே நூலாகவே இரவல் கொடுக்கவேண்டும். ஒன்றை மாத்திரம் எந்த மாணவனிடமும் கொடுத்தனுப்புதல் கூடாது.