437 கிலோமீட்டரில் பெண்களுக்கு எவ்வளவு?

2026 ஜனவரி 19 முதல் 23 வரை புனே மாவட்டத்துச் சாலைகளில் 'புனே கிராண்ட் டூர்' என்னும் பன்னாட்டுச் சைக்கிள் பந்தயம் நடந்தேறியது. ஐந்து நாட்கள், 437 கிலோமீட்டர், சர்வதேச சைக்கிள் ஓட்ட சம்மேளனத்தின் 2.2 தர அங்கீகாரம். பந்தயத்துக்காகச் சாலைகள் செப்பனிடப்பட்டன, குழிகள் மூடப்பட்டன, போக்குவரத்து நிறுத்தப்பட்டது. மகாராஷ்டிரத்தைச் சைக்கிள் விளையாட்டின் உலக வரைபடத்தில் ஏற்றிவிட்டோம் என்று ஆட்சியாளர்கள் பெருமை கொண்டனர். அந்த 437 கிலோமீட்டரும் ஆடவருக்கானது. பெண்களுக்கென்று ஒரு கட்டம், ஒரு பிற்பகல், ஒரு பத்துக் கிலோமீட்டர்கூட அந்தப் போட்டியில் இல்லை.

சைக்கிள் பந்தயத்தை மேட்டுக்குடிக் கேளிக்கை என்று ஒதுக்கிவிடுவது நம்மில் சிலரின் வழக்கம். நான் அதற்கு உடன்படுவதில்லை. தொழிலாளியின் வாகனத்திலிருந்து பிறந்த விளையாட்டு அது. ஐரோப்பாவில் அதை வளர்த்தவர்களில் பெரும்பாலோர் கூலி விவசாயிகளின், சுரங்கத் தொழிலாளிகளின், கொத்தனார்களின் பிள்ளைகள். பந்தயம் நடந்ததைக் குறை கூறவில்லை. யாருக்காக நடந்தது, யார் விடப்பட்டார்கள் என்பதே கேள்வி.

இக்கட்டுரையை லோஹேகாவிலிருந்து எழுதுகிறேன். புனேயின் விமான நிலையமும் விமானப்படைத் தளமும் இங்கேதான் உள்ளன. துக்காராமின் தாய் பிறந்த ஊர் என்று வார்க்கரிகள் போற்றும் இக்கிராமம் 2017இல் மாநகராட்சியோடு இணைக்கப்பட்டது. இன்று அடுக்குமாடிகளும் தண்ணீர் லாரிகளும் ஒன்றையொன்று நெருக்கும் புறநகர் இது. விமான் நகரிலும் கராடியிலும் பிறர் வீட்டுப் பாத்திரம் துலக்கவும் சமைக்கவும் காலையில் புறப்படும் பெண்கள், நடந்து செல்கிறார்கள் அல்லது கூலியில் ஒரு பங்கை ஷேர் ஆட்டோவுக்குக் கொடுத்துச் செல்கிறார்கள். சில வாரங்களாக இந்தச் சாலைகளைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். சைக்கிள் மிதித்துச் செல்லும் வயதுவந்த பெண்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். ஒரு காலத்தில் சைக்கிள்களின் நகரம் என்று பேரெடுத்தது புனே. 2017இல் மாநகராட்சி ஏற்றுக்கொண்ட சைக்கிள் திட்டத்தில் 800 கிலோமீட்டருக்கும் மேற்பட்ட தடங்கள் வரையப்பட்டன. அவற்றில் பெரும்பகுதி இன்னும் வரைபடத்தில்தான் ஓடுகிறது. ஐந்து நாள் பந்தயத்துக்கு அரசு இயந்திரம் காட்டிய சுறுசுறுப்பை இதனோடு வைத்துப் பார்க்க வேண்டும்.

பெண் ஒருத்தி சைக்கிள் ஓட்டத்தையே வாழ்க்கைத் தொழிலாகக் கொள்ள வேண்டுமானால் என்னென்ன வேண்டும்? இவ்விளையாட்டை ஒரு நூற்றாண்டுக்கும் மேலாகக் கொண்டாடிவரும் இத்தாலியின் அனுபவம் இதற்கு விடை தேட உதவும்.

அல்ஃபொன்சினா ஸ்த்ராதா 1891இல் எமிலியா வட்டாரத்தில் விவசாயக் கூலிக் குடும்பமொன்றில் பிறந்தவர். 1924ஆம் ஆண்டின் இத்தாலியச் சுற்றுப் பந்தயமான ஜீரோ தித்தாலியாவில் ஆண்களோடு ஓட்டிய ஒரே பெண் அவர். அவர் உள்ளே வந்த கதை நம் வாசகர்கள் அறியத்தக்கது. அந்த ஆண்டு பெரிய அணிகளும் புகழ்பெற்ற வீரர்களும் பணத் தகராறில் பந்தயத்தைப் புறக்கணித்தனர். பந்தயத்தை நடத்திய நாளேடு, ஆள் சேர்ப்பதற்காக, அணியில்லாத தனியாட்களையும் வரவேற்று உணவும் தங்குமிடமும் தர முன்வந்தது. அப்படித்தான் அல்ஃபொன்சினாவின் பெயர் பட்டியலில் ஏறியது. அதுவும் கடைசி உயிரெழுத்து இல்லாமல், ஆணா பெண்ணா என்று புலப்படாதபடி. மொத்தத் தொலைவு 3,600 கிலோமீட்டருக்கும் மேல். புறப்பட்டவர்கள் 90 பேர். லாக்விலாவிலிருந்து பெருஜா செல்லும் கட்டத்தில் புயலும் மழையும் அடிக்க, அவருடைய கைப்பிடி உடைந்தது. துடைப்பக் கம்பொன்றைச் செருகிக்கொண்டு ஓட்டினார். குறித்த நேரம் கடந்து வந்ததால் தரவரிசையிலிருந்து நீக்கப்பட்டார். ஆனாலும் ஓட்டத்தை நிறுத்தவில்லை. மிலான் வரை வந்து சேர்ந்தார். தரவரிசையில் எஞ்சிய ஆண்கள் 30 பேர் மட்டுமே. அடுத்த ஆண்டு அவருக்கு அனுமதி மறுக்கப்பட்டது.

பிறர் போராடி விட்டுச்சென்ற இடத்தில் நுழைந்தவர் என்பதால் அவரைக் கருங்காலி என்று அழைக்கச் சில தோழர்களுக்கு நாக்கு துடிக்கலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அந்த வீரர்கள் பேரம் பேசிய இடத்தில் பெண்ணுக்கு ஒருபோதும் இடம் இருந்ததில்லை. பாதி உழைப்பாளர்களை வெளியே நிறுத்திவிட்டு நடக்கும் போராட்டம், அந்தப் பாதியை முதலாளியின் வாசலுக்கே அனுப்பிவிடுகிறது. நம் தொழிற்சங்க வரலாற்றிலும் இதற்கு எடுத்துக்காட்டுகள் உண்டு.

பெண்களுக்கென்று ஒரு ஜீரோ வர 1988 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதை வென்ற மரியா கனின்ஸ், பனிச்சறுக்கு நெடுந்தொலைவு ஓட்டத்தில் பட்டங்கள் பெற்று, தாயாகி, முப்பது வயதைக் கடந்தபின் சாலைப் பந்தயத்துக்கு வந்தவர். 1985, 1986 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் பெண்கள் டூர் தெ ஃபிரான்ஸையும் அவரே வென்றார். அந்தப் பெண்கள் டூர் 1989க்குப் பின் கைவிடப்பட்டது. ஆண்கள் டூரை நடத்தும் நிறுவனம் 2022இல்தான் பெண்களுக்கான பல கட்டப் பந்தயத்துக்குத் திரும்பியது. இடைப்பட்ட காலத்தில் ஒரு முழுத் தலைமுறை ஓட்டி ஓய்ந்துவிட்டது.

என்னை அதிகம் சிந்திக்க வைத்தது மார்த்தா பஸ்தியானெல்லியின் வாழ்க்கை. 2007இல், இருபது வயதில், உலகச் சாம்பியன். மறு ஆண்டு, பெய்ஜிங் ஒலிம்பிக்குக்குச் சற்று முன், பசியடக்கி உடல் எடையைக் குறைக்கும் ஃபென்ஃப்ளூரமின் என்னும் தடைசெய்யப்பட்ட மருந்து அவர் உடலில் கண்டறியப்பட்டது. இரண்டாண்டுத் தடை விதிக்கப்பட்டது. விதியை மீறியவர் தண்டனை பெற்றார். அதில் வாதிட ஒன்றுமில்லை. ஆனால் அது எடை குறைக்கும் மருந்து என்பதை யாரும் நின்று யோசிக்கவில்லை. இளம் பெண்ணின் உடலைக் கிலோக் கணக்கில் நிறுத்துப் பார்க்கும் விளையாட்டு அது. தடை முடிந்து திரும்பினார். 2014இல் பெண் குழந்தைக்குத் தாயானார். 2018இல் ஐரோப்பியச் சாம்பியன் ஆனார். 2019இல் பிளாண்டர்ஸ் சுற்றுப் பந்தயத்தை வென்றார். 2023இல் ஜீரோ பந்தயத்தோடு ஓய்வு பெற்றார். பதினாறு ஆண்டு ஏற்ற இறக்கத்தில், தடையையும் பேறுகாலத்தையும் தாண்டி ஒருவரால் மீண்டு வர முடிந்தது எப்படி? அவர் இத்தாலியச் சிறைக் காவல் துறையின் விளையாட்டுப் பிரிவைச் சேர்ந்தவர். பாரீஸ்–ரூபே பந்தயத்தையும் இரண்டு ஜீரோக்களையும் வென்ற எலிசா லொங்கோ போர்கினி காவல் துறைப் பிரிவைச் சேர்ந்தவர். அங்கே பெண்களின் சைக்கிள் ஓட்டத்துக்கு நெடுங்காலம் சோறு போட்டது சந்தை அல்ல, அரசுப் பணி.

சந்தை ஏன் போடவில்லை என்பதற்குச் சட்டத்திலேயே விடை இருக்கிறது. இத்தாலியின் 1981ஆம் ஆண்டு 91ஆம் எண் சட்டம் தொழில்முறை விளையாட்டு வீரரை ஊழியராக ஏற்று ஒப்பந்தம், காப்பீடு, ஓய்வூதியம் ஆகியவற்றுக்கு வழிசெய்தது. ஆனால் எந்தப் பிரிவு தொழில்முறையானது என்று முடிவு செய்யும் உரிமையை அந்தந்தச் சம்மேளனத்திடம் விட்டுவிட்டது. சைக்கிள் சம்மேளனம் ஆண்களை ஏற்றது, பெண்களை ஏற்கவில்லை. உலகச் சாம்பியன் பட்டம் வென்ற பெண்ணும் சட்டத்தின் கண்ணில் 'திலெத்தாந்தே'. இச்சொல்லை எப்படித் தமிழாக்குவது? இன்பத்துக்காகச் செய்பவர் என்பது அதன் வேர்ப்பொருள். 'பொழுதுபோக்காளர்' என்று எழுதினால் நெருங்கி வருகிறது. ஆண்டுக்கு ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் மிதித்து, எலும்பு முறிந்து, மறுபடி எழுந்து ஓட்டுபவர் பொழுதுபோக்குகிறாராம்! தமிழில் 'தொழில்முறை வீராங்கனை' என்று எழுதும்போது தொழில் என்ற சொல் உள்ளேயே நிற்கிறது. தொழில் செய்பவர் தொழிலாளி. அந்தப் பெயரைத்தான் இத்தாலியச் சட்டம் நாற்பது ஆண்டுகள் மறுத்துவந்தது. பெண்கள் கால்பந்தின் மேல்நிலைப் பிரிவுக்கே 2022இல்தான் அது கிடைத்தது.

இன்னொரு சொல்லும் உண்டு. சாலைப் பந்தயம் தனியாள் போட்டி போலத் தோன்றினாலும் அணியாக ஆடப்படுவது. தலைவிக்கு முன்னால் சென்று காற்றைத் தன் மார்பில் வாங்குபவர், பின்னே வரும் காருக்குச் சென்று தண்ணீர்ப் புட்டிகளைச் சுமந்து வருபவர், தலைவியின் சக்கரம் பழுதானால் தன் சக்கரத்தைக் கழற்றிக் கொடுப்பவர் எல்லாரும் அணியின் பிற உறுப்பினர்கள்தாம். முன்னால் செல்பவரின் நிழலில் ஓட்டினால் பின்னால் வருபவருக்குக் கணிசமான உழைப்பு மிச்சமாகிறது. அந்த மிச்சத்தைக் கொண்டுதான் தலைவி கடைசி மேட்டில் வெல்கிறாள். இந்த உதவியாளரைப் பிரெஞ்சுக்காரர் 'தொமெஸ்திக்' என்கிறார்கள். அதாவது வீட்டு வேலையாள். இத்தாலியர் 'கிரெகாரியோ' என்கிறார்கள், மந்தையில் ஒருவர். மேடையில் ஒருத்தி நிற்கிறாள். அவளை அங்கே ஏற்றியவர்களின் பெயர் செய்தியில் வருவதில்லை. லோஹேகாவிலிருந்து விமான் நகருக்குச் செல்லும் பெண்களுக்கு இதை விளக்கிச் சொல்லத் தேவையிருக்காது.

நிலைமை தானாக மாறவில்லை. 2017 டிசம்பரில் ஐரிஸ் ஸ்லாப்பெண்டல், கார்மென் ஸ்மால், கிரேசி எல்வின் என்னும் மூன்று வீராங்கனைகள் பெண் சைக்கிள் ஓட்டுநர்களுக்கெனத் தனிச் சங்கம் கண்டனர். ஒப்பந்தத்தைப் படித்துச் சொல்வது, சட்ட உதவி தருவது, யாருக்கு என்ன ஊதியம் என்று கணக்கெடுத்து வெளியிடுவது ஆகியவை அதன் பணிகள். 2020இல் மேல்நிலை அணிகளில் பெண்களுக்கு முதன்முறையாகக் குறைந்தபட்ச ஊதியம் வந்தது: ஆண்டுக்கு 15,000 யூரோ. 2023இல் அது 32,102 யூரோவாக, ஆண்களின் இரண்டாம் நிலை அணிகளுக்கு உரிய அளவுக்கு உயர்ந்தது. கீழ்நிலை அணிகளில் இந்தப் பாதுகாப்பு இல்லை. சம்பளமே இல்லாமல் ஓட்டும் பெண்கள் இன்றும் உண்டு. ஆயினும், சங்கம் இல்லாத நாட்களோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

இங்கே? புனேயைச் சேர்ந்த வேதாங்கி குல்கர்னி 2018இல், இருபது வயதில், ஏறத்தாழ 29,000 கிலோமீட்டர் மிதித்து உலகைச் சுற்றி வந்தார். கனடாவில் கரடி துரத்தியது; ஸ்பெயினில் கத்தி முனையில் வழிப்பறி நடந்தது. அவருடைய துணிவுக்குத் தலைவணங்குகிறேன். ஆனால் அது தனியொரு பெண்ணின் சாகசம். ஒரு துறையின் வளர்ச்சி அல்ல. சாகசத்தைப் பாராட்டுவதில் அரசுக்குச் செலவு ஏதும் இல்லை. பந்தயத்தையே தொழிலாகக் கொள்ள விரும்பும் இந்தியப் பெண்ணுக்கு ஏறத்தாழ ஒரே புகலிடம் ரயில்வே போன்ற பொதுத்துறை வேலை. அந்த வேலைகளையே ஒன்றிய அரசு சுருக்கிக்கொண்டு வருகிறது. இத்தாலியில் காவல் துறை செய்த வேலையை இங்கே ரயில்வே செய்தது. அதையும் தனியாருக்குத் திறந்துவிட்டால், விளையாட்டு ஒதுக்கீடு எங்கே நிற்கும்?

பாதுகாப்பைப் பற்றியும் பேச வேண்டும். 2022 ஜூனில் ஸ்லோவேனியாவில் பயிற்சிக்குச் சென்ற இந்திய வீராங்கனை ஒருவர், தலைமைப் பயிற்சியாளர் தகாத முறையில் நடந்துகொண்டதாகப் புகார் அளித்தார். அந்தப் பயணக் குழுவில் அவர் ஒருவரே பெண். புகாருக்குப் பின் குழு திரும்ப அழைக்கப்பட்டது. பயிற்சியாளரின் ஒப்பந்தத்தை இந்திய விளையாட்டு ஆணையம் ரத்து செய்தது. மறு ஆண்டு மல்யுத்த வீராங்கனைகள் தில்லித் தெருவில் அமர்ந்ததும், அவர்களைக் காவல் துறை இழுத்துச் சென்றதும் நாடறிந்தவை. சங்கம் இல்லாத இடத்தில் பெண்ணுக்கு எஞ்சுவது புகார்க் கடிதமும் தெருவும்தான்.

தமிழ் வாசகர்களுக்குப் புதுக்கோட்டையை நினைவூட்ட வேண்டியதில்லை என்றாலும் ஒரு செய்தியைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை. 1990களின் தொடக்கத்தில் அறிவொளி இயக்கத்தோடு சேர்ந்து அம்மாவட்டத்துப் பெண்கள் பல்லாயிரக்கணக்கில் சைக்கிள் கற்றார்கள்: கல்குவாரித் தொழிலாளிகள், விவசாயக் கூலிகள், அங்கன்வாடி ஊழியர்கள், செவிலியர்கள். பெண்களுக்கான சைக்கிள் கடைகளில் போதாமல், ஆண்களின் சைக்கிளையே பலர் வாங்கினார்கள். முன்கம்பியில் குழந்தையை உட்கார வைக்க அது வசதி என்றும் கண்டுகொண்டார்கள். பி.சாய்நாத் அதைப் பற்றி எழுதிய கட்டுரை இந்தியில் பெயர்க்கப்பட்டு, என்.சி.இ.ஆர்.டி.யின் எட்டாம் வகுப்புப் பாடநூலில் இடம்பெற்றது. பீகாரில் 2006இல் தொடங்கிய மாணவியர் சைக்கிள் திட்டம், உயர்நிலைப் பள்ளியில் உரிய வயதில் சேரும் பெண்களின் எண்ணிக்கையை 32 விழுக்காடு உயர்த்தியதாகப் பொருளியல் ஆய்வு ஒன்று கணக்கிட்டது. ஆனால் பள்ளி முடிந்ததும் அந்தச் சைக்கிள் என்ன ஆகிறது? அண்ணனிடமோ தம்பியிடமோ போய்ச் சேருகிறது. பதினேழு வயதில் இறங்கிய பெண் மறுபடி ஏறுவதில்லை. பந்தயத்துக்கு ஆள் எங்கே என்று கேட்பவர்கள் இங்கிருந்து தேடத் தொடங்கலாம்.

அடுத்த புனே பந்தயம் அறிவிக்கப்படும்போது, ஆண்களுக்கு உள்ள அதே நாட்களில், அதே சாலைகளில், அதே பரிசுத் தொகையோடு பெண்கள் பிரிவும் இருக்க வேண்டும் என்று மகாராஷ்டிர அரசிடம் மாதர் அமைப்புகளும் இளைஞர் அமைப்புகளும் இப்போதே கோர வேண்டும். ரயில்வேயிலும் மாநிலக் காவல் துறையிலும் வீராங்கனைகளுக்கான பணியிடங்கள் நிரப்பப்பட வேண்டும். பயிற்சிக்குச் செல்லும் ஒவ்வொரு அணியிலும் பெண் பயிற்சியாளர் இருக்க வேண்டும். இவற்றோடு லோஹேகாவிலிருந்து வாகோலிக்கும் விமான் நகருக்கும் தெருவிளக்கோடு கூடிய சைக்கிள் தடமும் அதே மனுவில், அதே பக்கத்தில் இடம்பெறட்டும்.