புரட்சியும் அதன் பின்னும்

பாரதியார் பாடிய ‘புதிய ருஷியா’ என்னும் பாட்டு நம் மேடைகளிற் பல்லாண்டாக எடுத்தாளப்பட்டு வருவது. அதனை எடுத்தாளுவோருட் பலர், அஃது இலெனின் நடத்திய ஒக்டோபர்ப் புரட்சியைப் போற்றியது என்றே கூறிச் செல்வர். மாணவர் எழுதுங் கட்டுரைகளிலும் இக்கூற்றே வழிவழி வருகின்றது. பாட்டின் பொருளோ ஜார் சக்கரவர்த்தியின் வீழ்ச்சி. ஜார் வீழ்ந்தது 1917 மார்ச் மாதத்தில். போல்ஷிவிக்கர் ஆட்சியைக் கைப்பற்றியது அவ்வாண்டு நவம்பர் மாதத்தில். ஜார் மன்னனை வீழ்த்தியவர் போல்ஷிவிக்கர் அல்லர். அவர்கள் வீழ்த்தியது ஜாருக்குப் பின் அமைந்த இடைக்கால அரசை.

இதனைக் காலக் குறிப்பிலே நேர்ந்த சிறு வழு என்று விட்டுவிடல் இயலாது. இரண்டு வேறு நிகழ்ச்சிகளை ஒன்றாக்குவதோடு, அவற்றின் பின் வந்த மூன்றாவதையும் இது மறைத்துவிடுகின்றது. அம்மூன்றாவது உள்நாட்டுப் போர். அப்போரை விடுத்து இரஷ்யப் புரட்சியைப் போற்றுதலும் குறையுடையது, தூற்றுதலும் குறையுடையது. இதுவே யான் ஈண்டு வற்புறுத்த விரும்பும் கருத்து.

முதலிலே நிகழ்ச்சிகளைப் பிரித்து நோக்குவோம். அக்கால இரஷ்யரின் நாட்காட்டி ஏனை ஐரோப்பியர் நாட்காட்டிக்குப் பதின்மூன்று நாட் பிற்பட்டது. ஆதலின் மார்ச்சில் நடந்ததைப் பெப்ரவரிப் புரட்சி எனவும், நவம்பரில் நடந்ததை ஒக்டோபர்ப் புரட்சி எனவும் வழங்குவர். பெப்ரவரிப் புரட்சிக்குத் தலைவர் என்று ஒருவரைச் சுட்டுதல் அரிது. 1917 மார்ச் 8ஆம் நாள், பெண்கள் தினத்தன்று, பெற்றோகிராட் நகரின் நெசவாலைப் பெண்கள் பாண் கேட்டுத் தெருவில் இறங்கினர். சில நாளில் ஆலைத் தொழிலாளர் சேர்ந்தனர். சுடுமாறு ஏவப்பட்ட படைவீரரும் அவரோடு சேர்ந்தனர். மார்ச் 15ஆம் நாள் இரண்டாம் நிக்கொலஸ் முடி துறந்தான். 1613 முதல் ஆண்ட குடி ஒரு கிழமைக்குள் அகன்றது. 1905இல் விண்ணப்பம் ஏந்திச் சென்ற மக்களைத் தன் அரண்மனை முன்றிலிற் சுட்டு வீழ்த்திய அரசு, 1914இன் பெரும்போரிலே இலட்சக்கணக்கான உழவர் மக்களைப் பலிகொடுத்த அரசு, அங்ஙனம் வீழ்ந்ததற்கு இரங்குவார் யார்? பாரதியார் மகிழ்ந்து பாடியதிலே பிழை காண்பதற்கு ஒன்றுமில்லை.

பின் வந்த இடைக்கால அரசு போரை நிறுத்தவில்லை. நிலத்தைப் பங்கிடவும் இல்லை. சமாதானமும் நிலமும் பாணும் தருவோம் என்ற போல்ஷிவிக்கர் பக்கம் நகரத் தொழிலாளரும் படைவீரரும் சாய்ந்தனர். நவம்பரில் ஆட்சி அவர் கைக்கு வந்தது. அவ்வேளையில் அரசியல் நிர்ணய சபைக்குப் பொதுத் தேர்தலும் நடந்தது. உழவர் ஆதரவு பெற்ற சமூகப் புரட்சியாளர் கட்சி முதலிடம் பெற்றது. போல்ஷிவிக்கர் பெற்றது நாலிலொரு பங்களவு. 1918 ஜனவரி 18ஆம் நாள் கூடிய அச்சபை ஒரே அமர்வுடன் கலைக்கப்பட்டது. சொல்லாடித் தீர்க்கும் அவையை மூடினார்க்கு எதிராகப் படையாடித் தீர்க்கும் களம் விரிந்தது. பழைய படைத்தலைவர்கள் சிலர் அதற்கு முன்னரே டொன் ஆற்றுப் புறத்தே படை திரட்டத் தொடங்கிவிட்டனர் என்பதையும் மறைத்தலாகாது. போரை விரும்பியவர் இரு பக்கத்தும் இருந்தனர்.

அப்போரின் இயல்பை நன்கு அறிதல் வேண்டும். ரொட்ஸ்கி அமைத்த செம்படை ஒருபுறம். தெற்கே டெனிக்கின், சைபீரியாவிற் கொல்சாக், வடமேற்கே யூடெனிச் ஆகியோரின் வெண்படைகள் மறுபுறம். பிரித்தானியா, பிரான்சு, அமெரிக்கா, யப்பான் ஆகிய நாடுகளின் படைகளும் இரஷ்ய மண்ணில் இறங்கின. இவர்கட்கு இடையே அகப்பட்டவன் உழவன். வெண்படை வந்தால் பழைய நிலக்கிழார் மீள்வர் என அஞ்சினான். செம்படை வந்தால் களஞ்சியத்துத் தானியத்தை அள்ளிச் செல்வர் என அஞ்சினான். இரண்டு அச்சங்களுள் முன்னையதே பெரிதாயிருந்தமை செம்படையின் வெற்றிக்குப் பெருங்காரணங்களுள் ஒன்று. 1920 நவம்பரிலே ராங்கலின் படை கிரிமியாவினின்று கப்பலேறியதும் முன்னைய அச்சம் நீங்கிற்று. தம்போவ் மாகாணத்து உழவர் செவ்வாட்சிக்கு எதிராகவே பெருங்கிளர்ச்சியில் நின்றனர்.

புரட்சி என்னும் சொல் புரட்டுதல் என்னும் வினையோடு உறவுடையது. மேலது கீழாகவும் கீழது மேலாகவும் மாறுதல் என்பது அதன் பொருள். மண்ணைப் புரட்டுதல் உழவின் தொடக்கமே அன்றி விளைவு அன்று என்பதை ஏர் பிடித்தவன் அறிவான். புரட்டிய மண்ணிலே என்ன விதைக்கப்பட்டது, யார் அறுத்தார், யார் பசித்தார் என்று கேளாமல், புரட்டிய நாளை மட்டும் விழாவெடுத்துக் கொண்டாடுதல் அறிவுடைமை ஆகாது.

விளைந்ததைச் சிறிது காண்போம். 1917இல் 23 இலட்சம் மக்கள் வாழ்ந்த பெற்றோகிராட்டில் 1920இல் எஞ்சியோர் அண்ணளவாக 7 இலட்சத்தவர். போரில் மாண்டோர் தொகையை வரலாற்றாசிரியர் பலவாறு கணிப்பர். துப்பாக்கிக்கு இரையானாரினும் பசிக்கும் பேன் பரப்பும் தைபசுக் காய்ச்சலுக்கும் இரையானாரே மிகப் பலர் என்பதில் ஐயமில்லை. 1921இலும் 1922இலும் வொல்கா ஆற்றுப் புறத்தை வாட்டிய பஞ்சத்தில் ஏறத்தாழ 50 இலட்சம் உயிர்கள் மாய்ந்தன. 1921 மார்ச்சில், புரட்சியின் முன்னணியில் நின்ற குரோன்ஸ்ராட் கடற்படைத் தளத்து மாலுமிகளே எழுந்தனர். சோவியத்துகளுக்கு இரகசிய வாக்கெடுப்பாற் புதுத் தேர்தல் வேண்டும், தொழிலாளர்க்கும் உழவர்க்கும் பேச்சுரிமை வேண்டும் என்பன அவர் கோரிக்கைகளுட் சில. உறைந்த கடலின்மேல் நடந்து சென்ற செம்படை அவரை அடக்கியது. அதே மாதத்தில் இலெனின் தானியப் பறிமுதலை நிறுத்தி வரி முறையைக் கொணர்ந்தார். உழவர் கேட்டவற்றுள் ஒன்று கொடுக்கப்பட்டது. பேச்சுரிமை கேட்டோர் சுடப்பட்டனர், அன்றிச் சிறைப்பட்டனர்.

இவற்றை எல்லாம் நமக்கு உணர்த்தவல்லது எது? தேதிகளும் தொகைகளும் அறிவுக்கு எட்டும். நெஞ்சுக்கு எட்டச் செய்வது இலக்கியம். ஷொலொக்கோவின் டொன் ஆற்று நாவலை எடுத்துக்கொள்க. 1928 முதல் 1940 வரை நான்கு பாகங்களாக வெளிவந்த பெருநூல் அது. அதன் தலைவன் கிரிகோரி மெலெக்கோவ் என்னும் கொசாக்கு வீரன் செம்படையிலும் நிற்கிறான், அதன் எதிர்ப்படையிலும் நிற்கிறான். எங்கும் அவனுக்கு முழுநீதி கிட்டவில்லை. முடிவில் தன் படைக்கலங்களை ஆற்றில் எறிந்துவிட்டு, எஞ்சிய ஒரே மகனிடம் மீள்கிறான். 1965இல் நோபல் பரிசு பெற்ற அவ்வாசிரியர் சோவியத்து ஆட்சியின் பகைவர் அல்லர். அதன் கட்சி உறுப்பினர். உண்மையை நோக்கிய கண் கட்சியையும் கடந்து நோக்கியது.

புல்காக்கோவின் ‘வெண்காவற்படை’ கீவ் நகரில் 1918ஆம் ஆண்டு மாரிக்காலத்தில் ஒரு குடும்பத்தினர் பட்ட பாட்டைக் கூறும். தோற்ற பக்கத்தாரும் மனிதரே என்று அது காட்டிற்று. பாபெலின் ‘செங்குதிரைப் படை’ வென்ற பக்கத்தாரின் வீரத்தோடு அவர் கொடுமையையும் ஒளியாது கூறிற்று. படைத்தலைவர் புதியொன்னி அதனை வெகுண்டு மறுத்தார். பாபெல் 1940இல் தம் நாட்டு ஆட்சியாலேயே சுடப்பட்டார்.

கோர்க்கியின் ‘தாய்’ நாவலை இரகுநாதன் மொழிபெயர்ப்பிற் படித்தோர் நம்முட் பலர் உளர். அதே கோர்க்கி 1917இலும் 1918இலும் தமது பத்திரிகையிலே புதிய ஆட்சியின் வன்செயல்களைக் கண்டித்து எழுதிய கட்டுரைகளைப் படித்தோர் எத்துணையர்? அப்பத்திரிகை 1918 யூலையில் மூடப்பட்டது. கட்டுரைகள் 1988 வரை சோவியத்து நாட்டிலே மறுபதிப்புப் பெறவில்லை. மொஸ்கோவிலிருந்து மலிவு விலையில் வந்த தமிழ் நூல்கள் நம் வாசகரை வளர்த்தன. அந்நன்றியை மறத்தல் தகாது. ஆயினும் வந்தது நூலகத்தின் ஒரு தட்டு மட்டுமே. மறு தட்டை நாமே தேடிக் கற்றல் கடன்.

பாரதியாரையும் அங்ஙனமே முழுமையாகக் கற்றல் வேண்டும். ஜாரின் வீழ்ச்சியைப் பாடிய அவரே, ‘செல்வம்’ என்னும் உரைநடைக் கட்டுரையில், இலெனின் சென்ற வழி சரியான வழி அன்று என்றும், கொலையினாலும் கொள்ளையினாலும் அன்பையும் சமத்துவத்தையும் நிலைநாட்டல் ஆகாது என்றும் தம் கருத்தை வெளிப்படுத்தினார். செல்வர் வறியர் என்னும் வேற்றுமை ஒழிதல் வேண்டும் என்பதில் அவர்க்கு ஐயமில்லை, வழியிலேதான் வேறுபட்டார். பாட்டை மேடையில் முழங்குவோர் உரைநடையைப் பெட்டியிற் பூட்டிவைப்பது கவிஞர்க்குச் செய்யும் நீதி அன்று.

இவ்வாறு எழுதுதல் ஏழை எளியோரின் எழுச்சியைப் பழிப்பதாகும் என்று சிலர் கூறக்கூடும். பசித்தவர் எழுதலை யாரே பழிப்பர்? பசித்தவர் பெயரால் எழுந்த ஆட்சி அவர் வாயை அடைத்தபோது, அதையும் சொல்லுதல் அவர்க்குச் செய்யும் துணையே ஆகும். வெண்படையார் 1919இலே உக்கிரெயினில் யூத மக்களைக் கொன்று குவித்ததையும் இதே நாவாற் சொல்லுதல் வேண்டும். சோழன் நலங்கிள்ளியும் நெடுங்கிள்ளியும் பொருதபோது, யார் தோற்பினும் தோற்பது நும் குடியே என்று கோவூர்கிழார் இடைநின்று உரைத்தார். புலவன் பணி அதுவே.

உள்நாட்டுப் போர் என்னும் தொடருக்கு நம் மாணவர்க்கு அகராதிப் பொருள் கூறவேண்டிய தேவை இல்லை. ஆகவே இரஷ்ய வரலாற்றை அவர்க்குக் கற்பிக்கும் ஆசிரியர் 1917 நவம்பரோடு பாடத்தை முடித்தல் ஆகாது. பாடம் 1921 மார்ச் வரை, வொல்கா ஆற்றுப் பஞ்சம் வரை செல்லுதல் வேண்டும். பெற்றோகிராட்டில் பாண் கேட்டு எழுந்த பெண்களுக்கு இறுதியிற் பாண் கிடைத்ததா என்னும் வினாவை மாணவர் தாமே எழுப்பக் கற்பராயின், அதுவே அப்பாடத்தின் பயன்.