கதையில் எழுதப்படாத சாதி யாருடையது?

அடையாறில் ஒரு மாடியறையில் நடந்த சிறுகதைப் பட்டறைக்கு, என் ஆயாவைப் பற்றி எழுதிய கதையை எடுத்துக்கொண்டு போனேன். ஆயா மயிலாப்பூரில், கச்சேரி சாலைக்கு உள்ளடங்கிய ஒரு தெருவில், ஒரே வீட்டில் இருபது வருடத்துக்கும் மேல் பத்துப்பாத்திரம் தேய்த்தவர். அந்த வீட்டின் முன்வாசலை அவர் ஒருநாளும் மிதித்ததில்லை. பக்கத்துச் சந்து வழியாகக் கொல்லைப்புறம் போவார், கிணற்றடியில் உட்கார்ந்து தேய்ப்பார், கவிழ்த்து வைத்துவிட்டு அதே சந்து வழியாகத் திரும்புவார். அவர் கவிழ்த்த பாத்திரங்கள் மேல் அந்த வீட்டு அம்மா ஒரு சொம்புத் தண்ணீரைத் தெளித்த பிறகுதான் அவை உள்ளே போகும். கதை இவ்வளவுதான். ஆயா என்ன சாதி என்பதை ஒரே ஒரு வரியில் எழுதியிருந்தேன்.

பட்டறையை நடத்தியவர் கெட்டவர் அல்ல, நிறைய வாசித்தவர். அந்த வரிக்குக் கீழே பென்சிலால் கோடு போட்டார். "இந்த இடத்துல கதை அறிக்கையா மாறிடுது தம்பி. சொல்லாம விட்டுடுங்க, வாசகர் புரிஞ்சுப்பாங்க" என்றார். எனக்கும் அது சரியென்றே பட்டது. அடுத்த வாரம் அந்த வரியை எடுத்துவிட்டு வாசித்தேன்.

முடித்ததும் ஒருவர் கேட்டார்: "தண்ணி எதுக்குத் தெளிக்கிறாங்க? சோப்பு சரியா போகலையா?" இன்னொருவர், முதலாளிக்கும் வேலைக்காரருக்கும் நடுவில் இருக்கும் இடைவெளியை நன்றாகக் கொண்டுவந்திருப்பதாகப் பாராட்டினார். மூன்றாமவர், "அந்த மாமி கேரக்டர் மட்டும் இன்னும் கொஞ்சம் வளரணும்" என்றார்.

நான் 'மாமி' என்று எங்கேயும் எழுதவில்லை. அந்த அம்மாவின் சாதி என் முதல் வரைவிலும் இல்லை, இரண்டாவதிலும் இல்லை. அவருக்கு ஒரு வசனம்கூடக் கிடையாது. மயிலாப்பூர், கிணற்றடி, சொம்பு. வாசகர்களுக்கு அதுவே போதுமானதாக இருந்தது. அதாவது, அந்தக் கதையில் இரண்டு பெண்களின் சாதி எழுதப்படாமல் இருந்தது. ஒருவருக்கு வாசகர்களே சாதியைக் கொடுத்துவிட்டார்கள். இன்னொருவரின் சாதி காணாமல்போய், அந்த இடத்தில் வறுமையும் சோப்பு நுரையும் வந்து உட்கார்ந்துகொண்டன.

இது எப்படி நடக்கிறது என்று யோசித்தபோது, இலக்கியத்தோடு நேரடித் தொடர்பில்லாத ஒரு தத்துவவாதி எனக்கு உதவினார். அமெரிக்கரான டேவிட் லூயிஸ் 1978இல், புனைவில் எது உண்மை என்ற கேள்வியை எடுத்துக்கொண்டு ஒரு கட்டுரை எழுதினார். ஷெர்லக் ஹோம்ஸுக்கு மூன்றாவது மூக்குத் துவாரம் இல்லை என்று கானன் டாயில் எங்கும் எழுதவில்லை. ஆனாலும் அது அந்தக் கதைகளுக்குள் உண்மை என்பதில் நமக்குச் சந்தேகம் வருவதில்லை. ஏன்? எழுதப்பட்டதை மட்டும் வைத்து யாரும் கதை படிப்பதில்லை. எழுதப்படாத இடங்களைப் பின்னணியிலிருந்து எடுத்து நிரப்பிக்கொண்டே படிக்கிறோம்.

சரி, எந்தப் பின்னணி? லூயிஸ் இரண்டு வழிகளைச் சொல்கிறார். ஒன்று, உலகம் உண்மையில் எப்படி இருக்கிறதோ அதிலிருந்து நிரப்புவது. இன்னொன்று, கதை பிறந்த சமூகத்தில் எல்லோரும் நம்புவது எதுவோ, எல்லோரும் அதை நம்புகிறார்கள் என்பதும் எல்லோருக்கும் தெரிந்தது எதுவோ, அதிலிருந்து நிரப்புவது. முதலாவது உண்மை, இரண்டாவது ஊர் நம்பிக்கை.

இந்த இரண்டையும் மயிலாப்பூருக்குக் கொண்டுவாருங்கள். 'அவர் மயிலாப்பூரில் குடியிருந்தார்' என்று ஒரு கதை தொடங்குகிறது. உண்மையிலிருந்து நிரப்பினால், அவர் யாராக வேண்டுமானாலும் இருக்கலாம். நொச்சிக்குப்பத்து மீனவராக இருக்கலாம். சாந்தோம் தேவாலயத்துக்குப் போகிறவராக, பல்லக்கு மாநகரில் பிறந்து வளர்ந்தவராக இருக்கலாம். ஊர் நம்பிக்கையிலிருந்து நிரப்பினால், அவர் ஒரே ஒரு ஆளாகத்தான் இருக்க முடியும். அவருக்கு ஃபில்டர் காபி பிடிக்கும், மார்கழியில் சபா கேன்டீனில் பார்க்கலாம். தி.நகரிலும் இதே கதைதான். பிட்டி தியாகராயர், டாக்டர் நடேசனார், பனகல் அரசர் என்று நீதிக்கட்சித் தலைவர்களின் பெயர்களை ஊருக்கும் பூங்காக்களுக்கும் வைத்திருக்கிறோம். ஆனால் 'தி.நகரில் ஒரு நடுத்தரக் குடும்பம்' என்று கதையில் படித்ததும் யார் முகம் மனதில் வருகிறது என்று நீங்களே சொல்லுங்கள்.

இதில் நான் யோக்கியன் இல்லை. மயிலாப்பூரில் பிறந்து வளர்ந்த நானே, மயிலாப்பூர் என்று கதையில் படித்தால் என் தெருவை நினைத்ததில்லை. ஊர் நம்பிக்கையின் பலமே அதுதான். அது யாரை வெளியே நிறுத்துகிறதோ அவர்கள் மனதிலும் அதுவே ஓடிக்கொண்டிருக்கும்.

'சொல்லாமல் உணர்த்து' என்ற அறிவுரை எல்லா எழுத்தாளருக்கும் ஒரே விலையில் கிடைப்பதில்லை என்பது இதனால்தான். ஊர் நம்பிக்கை யார் பக்கம் இருக்கிறதோ, அவர் சொல்லாமல் விட்டால் நுட்பம். மற்றவர் சொல்லாமல் விட்டால் அவருடைய ஆள் கதையிலிருந்தே காணாமல் போய்விடுவார்.

ஜெயகாந்தனின் 'அக்னிப் பிரவேசம்' 1966இல் ஆனந்த விகடனில் வந்தது. மழை நாளில் காரில் ஏற்றிக்கொள்ளப்பட்டு, சீரழிக்கப்பட்டு வீடு திரும்பும் மகள். முதலில் வெடித்து, பிறகு அவள் தலையில் தண்ணீரை ஊற்றி, நீ சுத்தமாகிவிட்டாய் என்று தேற்றும் தாய். அன்றைய வாசகர்கள் கொதித்தார்கள். ஒரு தாய் இப்படிச் செய்யலாமா என்று விவாதித்தார்கள். தாய் அப்படிச் செய்யாமல் விட்டிருந்தால் அந்தப் பெண்ணின் கதி என்ன என்பதை ஜெயகாந்தன் பின்னர் 'சில நேரங்களில் சில மனிதர்கள்' நாவலாக எழுதினார். அதற்கு 1972இல் சாகித்திய அகாதெமி விருதும் கிடைத்தது. ஒரு பெண்ணின் மேல் சுமத்தப்படும் கறையை ஒரு சொம்புத் தண்ணீரில் தள்ளிவிட்ட துணிச்சலை நான் மதிக்கிறேன்.

ஆனால் அந்தத் தண்ணீரைக் கவனியுங்கள். அது என்ன வேலை செய்கிறது என்று வாசகருக்கு விளக்க வேண்டிய தேவையே வரவில்லை. தண்ணீர் ஊற்றினால் தீட்டுப் போகும் என்பது ஊர் நம்பிக்கை. மகள் விஷயத்தில் அது செல்லுமா என்பதுதான் சண்டை. ஆயாவின் பாத்திரத்தின் மேல் விழுந்ததும் அதே தண்ணீர்தான். என் பட்டறையில் அது சோப்பு கழுவும் தண்ணீராகிவிட்டது. தாய் ஊற்றினால் சடங்கு, குறியீடு, இலக்கியம். ஆயா தொட்டதன் மேல் தெளித்தால் சுகாதாரம்.

சாதியைப் பெயர் சொல்லி எழுதினால் என்ன ஆகும் என்பதையும் பார்த்துவிட்டோம். பெருமாள்முருகனின் 'மாதொருபாகன்' 2010இல் வெளிவந்தது. அதில் திருச்செங்கோடு பெயரோடு இருந்தது, சமூகமும் அடையாளத்தோடு இருந்தது. நான்கு ஆண்டுகள் கழித்து, 2014 டிசம்பரில் எதிர்ப்பு வெடித்தது, புத்தகம் எரிக்கப்பட்டது. 2015 ஜனவரி 12 அன்று நாமக்கல் ஆட்சியர் அலுவலகத்தில் பேச்சுவார்த்தை என்ற பெயரில் அவரைப் பணிய வைத்தார்கள். அதன் பிறகு, எழுத்தாளன் பெருமாள்முருகன் இறந்துவிட்டான் என்று அவரே அறிவித்தார். அந்த 'உடன்பாடு' யாரையும் கட்டுப்படுத்தாது என்று சென்னை உயர் நீதிமன்றம் 2016 ஜூலை 5 அன்று தீர்ப்பளித்து, அவரை மீண்டும் எழுதச் சொன்னது. திரும்பி வந்தவர் எழுதியது ஒரு வெள்ளாட்டின் கதை. மனிதர்களைப் பற்றி எழுத அச்சமாக இருக்கிறது என்று 'பூனாச்சி'யின் முன்னுரையிலேயே சொல்லிவிட்டார்.

மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஆதிக்க சாதி சொல்லப்படாமல் இருந்தால் அது மனித வாழ்க்கை. ஒடுக்கப்பட்ட சாதி சொல்லப்பட்டால் அது அறிக்கை. ஆதிக்க சாதி, அதற்குப் பிடிக்காத வெளிச்சத்தில் சொல்லப்பட்டால் அது அவமதிப்பு. அந்த நிமிடமே அது புனைவு என்பதும் மறந்துபோகிறது. இவற்றைத் தனித்தனி இலக்கிய அளவுகோல்கள் என்று நாம் பேசிக்கொண்டிருக்கிறோம். மூன்றும் ஒரே விதி.

எழுதியவர் யார் என்று ஏன் பார்க்கிறீர்கள், பிரதியை மட்டும் பாருங்கள் என்று சொல்லும் நண்பர்கள் உண்டு. ரொலான் பார்த் 1967இல் ஆசிரியரின் மரணத்தை அறிவித்தபோது, அர்த்தத்தின் பொறுப்பை வாசகரிடம் ஒப்படைத்தார். ஆனால் அந்த வாசகரை அவர் வரலாறோ வாழ்க்கைக் குறிப்போ இல்லாத ஒருவராகக் கற்பனை செய்தார். அப்படிப்பட்ட வாசகர் பாரிஸில் இருந்தாரா என்பது இருக்கட்டும், மயிலாப்பூரில் இன்னும் பிறக்கவில்லை. நம்மிடம் ஆசிரியர் இறந்தாலும், அவருடைய நாற்காலியில் வந்து உட்காருவது ஊர் நம்பிக்கைதான்.

இது ஏட்டுச் சண்டை என்று நினைக்கிறவர்கள் என்னோடு மந்தைவெளியில் வீடு தேட வாருங்கள். கேட்டில் 'சைவம் மட்டும்' என்று ஒரு பலகை. உலகத்திலேயே மிகச் சிறிய கதை அது, இரண்டே சொல். சாதி எங்கேயும் இல்லை. ஒரு வீட்டுக்காரர் என்னை உட்காரவைத்து, தண்ணீர் கொடுத்து, நிதானமாகக் கேட்டார். சொந்த ஊர் எது? சென்னையேதானா? சென்னையில் எந்தப் பக்கம்? அந்தப் பக்கத்தில் எந்தத் தெரு? அப்பா என்ன வேலை? நான் சொல்லச் சொல்ல அவர் மனதில் கோடிட்ட இடங்களை நிரப்பிக்கொண்டே வந்தார். இரண்டு நாள் கழித்து, உறவுக்காரர்கள் குடிவருகிறார்கள் என்று போனில் சொன்னார். பலகை ஒரு மாதத்துக்கு மேல் தொங்கியது. அவர் எந்த இடத்திலும் சாதி என்ற சொல்லை உச்சரிக்கவில்லை. எந்தச் சொல்லைக் காட்டி நான் புகார் சொல்வேன்? சொல்லாமல் உணர்த்துவதில் நம் ஊர் வீட்டுக்காரர்களை மிஞ்சிய கலைஞர் யாரும் இல்லை.

அதற்காக எல்லாக் கதாபாத்திரத்தின் கழுத்திலும் சாதிச் சான்றிதழை மாட்ட வேண்டும் என்கிறேனா? இல்லை. சாதியின் பெயரைச் சொன்னாலே ஆளைச் சாதிக்குள் அடைத்துவிடுவோம் என்ற அச்சத்தில் நியாயம் இருக்கிறது. தன்னைத் தலித் எழுத்தாளர் என்று முத்திரை குத்துவதை இமையம் ஏற்பதில்லை. ஆனால் அதே இமையம் 1994இல் 'கோவேறு கழுதைக'ளில், தலித் மக்களுக்கே துணி வெளுக்கும் ஆரோக்கியத்தின் வாழ்க்கையை எழுதினார். சேரிக்குள் எல்லோரும் ஒன்று என்று நம்மைப் போன்ற இயக்கத்துக்காரர்கள் நிரப்பி வைத்திருந்த இடத்தை அந்த நாவல் கலைத்துப்போட்டது. நம்மிடமும் ஊர் நம்பிக்கை உண்டு தோழர்களே. எழுத்து அதையும் தொட்டுப் பார்க்க வேண்டும்.

நான் கேட்பது ஒன்றுதான். ஒரு கதையில் சாதி இல்லை என்று யாராவது சொன்னால், இல்லையா அல்லது எழுதப்படவில்லையா என்று கேளுங்கள். எழுதப்படவில்லை என்றால், அந்த இடத்தை நீங்கள் எதைக் கொண்டு நிரப்பினீர்கள் என்று உங்களையே கேளுங்கள். நல்ல கதை, நம் கை தானாக எங்கே போகிறது என்பதை நமக்கே காட்டும்.

பட்டறையின் கடைசி வாரம் மூன்றாவது வரைவை எடுத்துப் போனேன். ஆயாவின் சாதியைத் திரும்பச் சேர்க்கவில்லை. அவருக்குப் பெயர் வைத்தேன், வெற்றிலைப் பழக்கம் கொடுத்தேன், கிணற்றடியில் அவர் முணுமுணுக்கும் எம்.ஜி.ஆர். பாட்டு என்று எழுதினேன். ஒரே ஒரு வரிதான் புதிது. சொம்போடு வந்து நின்ற அந்த அம்மாவின் சாதியை, ஆயாவின் சாதியை முதலில் எழுதிய அதே இடத்தில், அதே நீளத்தில் எழுதினேன்.

வாசித்து முடித்ததும் அறை கொஞ்ச நேரம் பேசவில்லை. இந்தமுறை சோப்பைப் பற்றி யாரும் கேட்கவில்லை. பிறகு பட்டறை நடத்தியவர் மெதுவாகக் கேட்டார்: "அந்த வரி கதைக்கு அவசியமா?"

"ஆமாம் சார்" என்றேன். பென்சில் அவர் கையிலேயே இருந்தது. அவர் கோடு போடவில்லை.